மேனேஜரின் நகங்கள்

மதியச் சாப்பாடு உள்ளே போய் மேனேஜருக்குக் கண் செருகத் தொடங்கியதும் ஊசியம்மா பழைய துண்டை மடியில் விரித்துக்கொள்வாள். முக்காலியை ஜன்னலுக்கு முதுகு காட்டிப் போட்டிருப்பாள். வெளிச்சம் அவள் தோளுக்கு மேலாக வந்து பூனையின் பாதத்தில் விழவேண்டும். பக்கத்தில் ஒரு சின்னத் தட்டில் சோளமாவு, இன்னொரு தட்டில் பூனை பிஸ்கட். பூனையைத் தூக்கி, அதன் முதுகு தன் வயிற்றில் சாய்கிற மாதிரி உட்காரவைத்து, ஒரு பாதத்தைக் கையில் எடுத்துச் சும்மா தடவிக்கொண்டிருப்பாள். நகம் வெட்டுகிற நினைப்பே தனக்கு இல்லை என்பதுபோல் பேச்சுக் கொடுப்பாள்.

"என்ன மேனேஜர், இன்னைக்கு ஆபீஸ்ல வேலை ஜாஸ்தியா? தூங்கித் தூங்கி ரொம்பக் களைச்சுப் போயிட்டீங்க."

சாம்பல் நிறத்தில், வயிறு மட்டும் வெள்ளையாக இருக்கும் அந்தப் பூனைக்கு மேனேஜர் என்று பேர் வைத்ததும் அவள்தான். எந்த வேலையும் செய்யாமல் மேசைமேல் உட்கார்ந்துகொண்டு, மற்றவர்கள் செய்கிற வேலையை முகம் சுளித்துப் பார்த்துக்கொண்டிருக்குமாம். அவள் வேலை பார்த்த இடத்தில் அப்படி ஒருவர் இருந்தார், அவருக்கு மீசைகூட இதே அளவுதான் என்பாள்.

பேச்சு நடக்கும்போதே கட்டைவிரல் மேலே, ஆள்காட்டி விரல் கீழே என்று வைத்துப் பாதத்தை இலேசாக அழுத்துவாள். உள்ளே ஒளிந்திருக்கும் நகம் வெளியே எட்டிப் பார்க்கும். அதன் நடுவே இளஞ்சிவப்பாக ஒரு கோடு ஓடும். அது உயிர் இருக்கிற இடம், அதில் வெட்டு பட்டால் ரத்தம். கோட்டுக்கு நன்றாக முன்னால், கொக்கி மாதிரி வளைந்திருக்கும் வெள்ளை நுனியை மட்டும் வெட்டவேண்டும். அவள் வெட்டும்போது சத்தம்கூடப் பெரிதாகக் கேட்காது.

"ஒண்ணுமில்ல, முடிஞ்சுடுச்சு."

இதை அவள் வெட்டிய பிறகு சொல்வதில்லை. வெட்டுவதற்கு ஒரு நொடி முன்னால் சொல்வாள். ரத்தப் பரிசோதனை நிலையம் ஒன்றில் ஆயுசின் பெரும்பகுதி ஊசி குத்தியவள் அவள். ஊசியம்மா என்ற பேர் அங்கிருந்து ஒட்டிக்கொண்டு வந்தது. கையை நீட்டிவிட்டு முகத்தைத் திருப்பிக்கொள்ளும் அத்தனை பேரிடமும் அவள் சொன்ன ஒரே பொய் அதுதான். முடிந்துவிட்டது என்று சொன்னதும் ஆள் மூச்சை விடுவான், தசை தளரும், அந்த நேரத்தில் ஊசி உள்ளே போய்விடும். "பொய்தான். ஆனா நல்லதுக்குச் சொல்ற பொய்" என்பாள். அதில் அவளுக்குக் கொஞ்சம் கர்வம்கூட உண்டு.

ஒரே மூச்சில் எல்லா நகத்தையும் வெட்டித் தள்ளமாட்டாள். இரண்டு மூன்று வெட்டியதும் ஒரு பிஸ்கட். பூனை காலை இழுத்தால் உடனே விட்டுவிடுவாள். "வம்பு பண்ணிப் பிடிச்சா அது மனசுல வச்சுக்கும். அப்புறம் கட்டரைப் பாத்தாலே கட்டிலுக்கடியில போயிடும்." முன்னங்கால் ஒன்றில் ஒரு நகம் மட்டும் கறுப்பு. அதில் உள்கோடு தெரியாது. அதை மட்டும் மயிரிழை அளவுக்குச் சீவிவிட்டு நிறுத்திக்கொள்வாள். முன்னங்கால்களில் கொஞ்சம் மேலே தள்ளி, தரையைத் தொடாமல் ஒரு கட்டைவிரல் நகம் இருக்கும். பின்னங்கால்களில் அது கிடையாது. தரையில் தேயாத நகம் என்பதால் வளைந்து வளைந்து வந்து கடைசியில் பூனையின் சதையிலேயே குத்தும். பூனை வளர்க்கிறவர்கள் முக்கால்வாசிப் பேர் அதை மறந்துவிடுகிறார்கள் என்பது அவளுடைய நிரந்தரக் குறை. சோளமாவு, தப்பித் தவறி ரத்தம் வந்தால் அதில் நகத்தை அமுக்கி நிறுத்துவதற்கு. வைத்த மாவு வைத்தபடியே டப்பாவுக்குத் திரும்பிப் போகும்.

கை விஷயத்தில் அவளுக்கு ஒரு கிறுக்கு உண்டு. காலையில் பல் தேய்த்த கையோடு சமையலறை ஜன்னலில் நின்று ஓர் ஊசியில் நூல் கோப்பாள். தைப்பதற்கு ஒன்றும் இருக்காது. கோத்துப் பார்த்துவிட்டு உருவி வைத்துவிடுவாள். வேலையில் இருந்த நாளில் தொடங்கிய பழக்கம். நூல் முதல் தடவையிலேயே போய்விட்டால், "கை இன்னும் நான் சொன்ன பேச்சைக் கேக்குது" என்பாள். அந்த வீட்டில் அவள் சொன்ன பேச்சைக் கேட்டது வேறு எதுவும் இல்லை.

அது மகனுடைய வீடு. ஐந்தாவது மாடியில் மூன்று அறை. கணவர் போன பிறகு, "ஒண்டியா எதுக்கும்மா கிடக்கிறீங்க" என்று அவன்தான் கூப்பிட்டான். தனியாக இருந்த வீட்டைக் காலி செய்தபோது பாத்திரங்களை அக்கம்பக்கத்தில் கொடுத்தாள், கட்டிலைக் கொடுத்தாள், துணிமணியில் பாதியைக் கொடுத்தாள். மேனேஜரை மட்டும் கூடையில் வைத்து மடியிலேயே வைத்துக்கொண்டு வந்தாள். வாசலிலேயே மருமகள் சொல்லிவிட்டாள். "இருக்கட்டும் அத்தை, நான் வேண்டாம்னு சொல்லல. ஆனா குழந்தை இருக்கிற வீடு. நகம் மட்டும் படக்கூடாது."

அன்றிலிருந்து நகம்தான் மேனேஜர் அந்த வீட்டுக்குக் கொடுத்த வாடகை. அவள் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்த்தாள். நகம் கொஞ்சம் தலைகாட்டினால் போதும், துண்டு மடியில் விரிந்துவிடும். இரண்டு வயதுப் பேரன் எதிரில் சம்மணம் போட்டு உட்கார்ந்து வாயைப் பிளந்து வேடிக்கை பார்ப்பான். ஒவ்வொரு வெட்டுக்கும், "முஞ்சிச்சு" என்று அவனும் சொல்வான்.

தன்னுடைய வாய்க்கும் அவள் அதே வைத்தியத்தைச் செய்துகொண்டாள் என்றுதான் சொல்லவேண்டும். பரிசோதனை நிலையத்தில் அவள் வாய்க்குப் பயப்படாத ஆள் கிடையாது. வரிசையைத் தாண்டி வந்த பெரிய மனிதர் ஒருவரிடம், "உங்க ரத்தம் மட்டும் தங்கக் கலர்ல வருமா சார்? அப்படின்னா முதல்ல எடுத்துடறேன்" என்று கேட்டவள். மகன் வீட்டில் அவள் சொன்னதெல்லாம் "சரிம்மா", "ஆகட்டும்மா", "உன் இஷ்டம்மா". சோபாவில் உட்காரச் சொன்னாலும் ஓரத்தில்தான் உட்காருவாள்.

ஒரு காலை, குழந்தை தூங்கி எழுந்தபோது கன்னத்தில் ஒரு கீறல். ஆழமில்லை, ஆனால் கண்ணுக்குப் பக்கத்தில். மருமகள் போட்ட சத்தத்தில் மேனேஜர் பீரோமேல் ஏறிவிட்டது. ஊசியம்மா மூக்குக்கண்ணாடியைப் போட்டுக்கொண்டு குழந்தையின் முகத்தைப் பார்த்தாள். பிறகு அவன் கையை எடுத்து விரல்களைப் பார்த்தாள். நகங்கள் பிறைபோல வளர்ந்து நின்றன. ஒரு விரல் நகத்தடியில் காய்ந்த ரத்தம் நூல்போல ஒட்டியிருந்தது. பிள்ளைக்கு நகம் வெட்ட அவன் அம்மாவுக்குப் பயம், அப்பாவுக்கு நேரமில்லை.

"பூனை கீறினா ஒத்தைக் கோடா இருக்காதும்மா. ரெண்டு மூணு கோடு சேந்து விழும். அதுக்கு இப்பத்தான் வெட்டியிருக்கு, கீற நகமும் இல்ல. பிள்ளை தூக்கத்துல தானே கீறிக்கிட்டிருக்கான். இதோ பாரு, விரலை."

"ஒரு பூனைக்காகப் பச்சைக் குழந்தைமேல பழி போடுறீங்களே அத்தை." மருமகள் விரலைப் பார்க்கவில்லை.

ஊசியம்மா மகனைப் பார்த்தாள். மகன் செருப்பைப் பார்த்தான்.

இரண்டு நாள் போனது. பிறகு மகன் ஒரு வழி கண்டுபிடித்தான். அவனோடு வேலை பார்க்கிறவர் ஒருவருக்குப் பெரிய தோட்டத்தோடு வீடு இருக்கிறதாம். மனைவிக்குப் பூனை என்றால் உயிராம். "ராஜா மாதிரி இருக்கும்மா. நீங்க எப்ப வேணா போய்ப் பாக்கலாம்."

அவள் அழவில்லை. யோசித்துப் பார்த்தாள். தோட்டம் இருக்கிறது. ஆசையாகப் பார்த்துக்கொள்ள ஓர் ஆள் இருக்கிறது. இங்கே பீரோமேல் ஒளிந்துகொண்டு இருப்பதைவிட அது மேல் என்று தன் மனதைத் தானே தேற்றிக்கொண்டாள்.

"அவங்க வீட்லயும் சின்னப் பசங்க இருக்காங்க. போறதுக்கு முன்னாடி நகத்தை நல்லா ஒட்ட வெட்டிக் குடுத்துடுங்க" என்றான் மகன்.

அன்று மதியம் அவள் ரொம்ப நேரம் உட்கார்ந்திருந்தாள். புது இடத்தில் யார் மேலாவது நகம் பட்டால் அங்கேயும் விரட்டிவிடுவார்களே என்ற பயம். எல்லாக் காலும், எல்லா விரலும், கட்டைவிரல் நகங்கள் உள்பட வெட்டினாள். எப்போதும் தொட்டும் தொடாமலும் விடுகிற அந்தக் கறுப்பு நகத்தையும், மூச்சைப் பிடித்துக்கொண்டு, கொஞ்சம் கொஞ்சமாகச் சீவி மழுக்கினாள். மேனேஜர் ஒரு தடவைகூடக் காலை இழுக்கவில்லை. அவள் மடியில் அது வேறு எதையும் எதிர்பார்த்துப் பழகியதில்லை. கடைசியில் தன் கன்னத்தில் ஒவ்வொரு நகத்தையும் வைத்து உரசிப் பார்த்தாள். எதுவும் குத்தவில்லை.

கூடையை எடுத்துக்கொண்டு மகன் போனான். திரும்பி வந்தவன், அவள் கேட்பதற்கு முன்பே, "ஒண்ணுமில்லம்மா, முடிஞ்சுடுச்சு" என்றான்.

சொன்ன விதம் அவளுக்கு எங்கேயோ உறுத்தியது. ஊசி போடுகிற கைக்குத்தானே தெரியும், அந்த வார்த்தை எப்போது வரும் என்று. ஆனாலும் நம்பினாள். நம்பாவிட்டால் என்ன செய்வது?

வாரம் இரண்டு கழிந்ததும் மகனிடம் கேட்டாள். "நகம் வளந்திருக்கும். அந்தப் பொண்ணுக்கு வெட்டத் தெரியுமா? ஃபோன் போட்டுக் குடேன், நான் சொல்லிக்குடுக்கிறேன்."

"அதெல்லாம் தெரியும்மா. நேத்துகூட வெட்டினாங்களாம்."

"கட்டைவிரல் நகத்தை மறந்துடுவாங்களே."

"மறக்கலம்மா, அதையும் வெட்டிட்டாங்க."

"பின்னங்கால் கட்டைவிரல் நகமா?"

"ஆமாம்மா. அதுவும் வெட்டியாச்சாம். ரொம்பக் கவனமாப் பாத்துக்கிறாங்க."

பூனைக்கு இல்லாத நகத்தை வெட்டியிருக்கிறார்கள். "எங்கடா விட்ட?" என்றாள் ஊசியம்மா.

முதலில் சப்பைக்கட்டு கட்டினான். அப்புறம் எரிச்சல் பட்டான். கடைசியில் சொன்னான். அந்தத் தோட்டத்து வீட்டுக்காரர் வேண்டாம் என்று சொல்லிவிட்டாராம். வீட்டுக்குத் திரும்பக் கொண்டுவந்தால் இங்கே ரகளையாகும். அதனால் மீன் சந்தைக்குப் பின்னால் விட்டுவிட்டு வந்தானாம். "அங்க எத்தனையோ பூனைங்க இருக்கும்மா. சாப்பாட்டுக்குப் பஞ்சமே இல்ல."

"அந்தப் பூனைங்களுக்கெல்லாம் நகம் இருக்குமேடா" என்றாள் அவள். "நான் மழுக்கி அனுப்பினேனேடா. சுவர்ல ஏறக்கூட அதுக்கு ஒண்ணும் வைக்கலையேடா."

மகன் வெளியே போய்விட்டான்.

அவள் மூன்று நாள் காலையில் மீன் சந்தைக்குப் போனாள். பெட்டிகளுக்கு இடையில் குனிந்து குனிந்து, "மேனேஜர், மேனேஜர்" என்று கூப்பிட்டாள். சந்தை மேனேஜரைத் தேடுகிறாள் என்று நினைத்து ஒரு மீன்காரர் அவளை மாடியில் இருந்த அலுவலகத்துக்கு அனுப்பிவைத்தார். சாம்பல் நிறத்தில் எந்தப் பூனையும் அவள் பேச்சுக்கு வரவில்லை. ஒரு கிழட்டுக் கடுவன் பூனை மட்டும் கூடையின்மேல் படுத்துக்கொண்டு அவளைப் பார்த்தது. அதன் நகங்கள் கருவாட்டு முள்போல நீண்டிருந்தன. நாலாவது நாளிலிருந்து அவள் போகவில்லை. துண்டை மடித்து வைத்தாள். பிஸ்கட் டப்பாவைக் கீழ்வீட்டுக்காரரிடம் கொடுத்தாள். நகம்வெட்டியைச் சோளமாவு டப்பாவுக்குள்ளேயே புதைத்து மூடினாள். காலையில் நூல் கோப்பதை மட்டும் விடவில்லை.

போன வாரம், அவள் ஜன்னல் பக்கம் ஊசியும் நூலுமாக நிற்கும்போது மருமகள் குழந்தையைத் தூக்கிக்கொண்டு வந்தாள். குழந்தையின் மூக்கின்மேல் புதிதாக ஒரு கோடு.

"பாருங்க அத்தை, தூக்கத்துல மறுபடியும் கீறிக்கிட்டான். நகம் அப்படி வளந்து கிடக்கு. எனக்குக் கட்டரை வைக்கவே பயமா இருக்கு. உங்க பையனுக்குப் பொறுமை இல்ல. நீங்கதான் பூனைக்கே அவ்வளவு பதமா வெட்டுவீங்க. இவனுக்கும் கொஞ்சம் வெட்டிவிடுங்களேன்."

தான் மறுபடியும் என்று சொன்னது மருமகள் காதிலேயே விழவில்லை.

குழந்தை அதற்குள் இறங்கி முக்காலியை இழுத்துப்போட்டது. பாட்டி உட்கார்ந்ததும் மடியில் ஏறி, முதுகை அவள் வயிற்றில் சாய்த்துக்கொண்டு, இரண்டு கையையும் நீட்டியது. "முஞ்சிச்சு" என்றது.

ஊசியம்மா அந்தக் கையை எடுத்துப் பார்த்தாள். ஒவ்வொரு விரலாக, இலேசாக அழுத்திப் பார்த்தாள். பிறகு குழந்தையைத் தூக்கி அதன் அம்மாவிடம் கொடுத்தாள்.

"என்னால முடியாதும்மா. வயசாச்சுல்ல, இப்பல்லாம் கை நடுங்குது."

சொல்லிவிட்டு எழுந்து ஜன்னலுக்குப் போனாள். மருமகள் பார்த்துக்கொண்டு நிற்கும்போதே நூல் நுனியை உதட்டில் நனைத்து முறுக்கி, ஊசியைக் கண்ணுக்கு நேரே உயர்த்தி, முதல் தடவையிலேயே கோத்தாள்.