நூற்றுப் பதினொரு படி

என் தாய்மாமாவுக்கு முப்பத்திரண்டு வயது வரை கல்யாணம் ஆகாததற்கு ஒரு கணக்குதான் காரணம் என்று அம்மா சொல்வார். பள்ளிக்கூடத்துப் பிள்ளைகூடப் போட்டுவிடக்கூடிய கணக்கு அது. ஏதாவது ஓர் எண்ணை எடுத்துக்கொள்ள வேண்டும். அது இரட்டைப்படையாக இருந்தால் பாதியாக்க வேண்டும். ஒற்றைப்படையாக இருந்தால் மூன்றால் பெருக்கி ஒன்றைக் கூட்ட வேண்டும். வருகிற எண்ணுக்கும் அதையே செய்ய வேண்டும். இப்படியே போனால் எங்கெங்கோ ஏறி இறங்கி, கடைசியில் ஒன்றில் வந்து நிற்கும். எல்லா எண்ணும் அப்படி ஒன்றுக்கு வருவதாகத்தான் தெரிகிறது. ஆனால் வந்தே தீரும் என்று நிரூபித்துக் காட்டியவர் உலகத்தில் ஒருவரும் இல்லை. இன்றைக்கும் இல்லை என்று என் மகள் கைப்பேசியில் தேடிப் பார்த்துச் சொன்னாள். கம்ப்யூட்டர்கள் எண்ணவே முடியாத அளவுக்கு எண்களைப் போட்டுப் பார்த்துவிட்டனவாம். எல்லாம் ஒன்றுக்கே வந்தனவாம். அதெல்லாம் நிரூபணம் ஆகாதாம்.

மாமாவும் அதையேதான் சொல்வார். அவர் ஜூரோங்கில் ஒரு கப்பல் பட்டறையில் ஸ்டோர்கீப்பர். குவீன்ஸ்டவுனில் எங்களுடைய மூவறை வீட்டின் ஹாலில் அவரும் நானும் பாய் விரித்துப் படுப்போம். நூலகத்தில் எடுத்த ஒரு புத்தகத்தில் இந்தக் கணக்கைப் படித்தாராம். அன்றிலிருந்து எங்கள் வீட்டு நாள்காட்டியில் கிழித்த தாள் எதுவும் குப்பைக்குப் போனதில்லை. பின்பக்கம் முழுவதும் எண்கள்தான். அப்பா கிண்டல் செய்வார்.

"அதான் நூறு வரைக்கும் போட்டுட்டியே மச்சான். எல்லாம் வந்துடுச்சுல்ல? அப்புறம் என்ன?"

"நூறு வந்துச்சு அத்தான். நூத்தி ஒண்ணும் வரும்னு யாரு எழுதிக் கொடுத்தா?"

அவர் போட்டதைச் சரிபார்ப்பது என் வேலை. அப்போது எனக்குப் பத்து வயது. வகுப்பில் கடைசி இரண்டு மூன்று பேரில் ஒருவன். ஆறாம் வகுப்போடு பள்ளிக்கூடம் என்னையும் நான் பள்ளிக்கூடத்தையும் விட்டுவிட்டோம். இந்தக் கணக்குக்கு மட்டும் நான் படித்த படிப்பு போதுமானதாக இருந்தது. மூன்றாம் வாய்ப்பாடு தெரிந்தால் போதும். மாமா விட்ட தவறுகளை நான் கண்டுபிடித்திருக்கிறேன். அவர் தலையில் தட்டி, "கெட்டிக்காரன்" என்பார். வேறு யாரும் என்னை அப்படிச் சொன்னதில்லை.

மாமா கூச்ச சுபாவம் உடையவர். நானும் அப்படித்தான். நாலு பேர் இருக்கும் இடத்தில் எங்கள் இருவருக்கும் வாய் திறக்காது. ஆனால் மாமாவுக்கு ஒரே ஒரு விதிவிலக்கு இருந்தது. இந்தக் கணக்கைப் பற்றி யாராவது லேசாகக் கேட்டுவிட்டால் பேச ஆரம்பித்துவிடுவார். ஏற்கனவே இரண்டு இடங்களில் பெண் பார்க்கப் போய், இரண்டு இடங்களிலும் இதைப் பேசியிருக்கிறார். பையனுக்கு மண்டையில் ஏதோ கோளாறு என்று ஒரு வீட்டார் சொல்லி அனுப்பினார்கள். இன்னொரு வீட்டார் எதுவுமே சொல்லி அனுப்பவில்லை.

மூன்றாவது இடத்தைக் கொண்டுவந்தவர் எங்கள் மாதா கோயிலில் பாடற்குழுவில் முன்வரிசையில் நிற்கும் பெரியம்மா. தமிழ்ப் பூசை முடிந்ததும் அம்மாவைத் தனியாக அழைத்துப்போய், சிராங்கூனில் ஒரு நல்ல குடும்பம் இருக்கிறது, பெண் ஒரு கிளினிக்கில் மருந்து எடுத்துக் கொடுக்கும் வேலை பார்க்கிறாள், வயது இருபத்துநாலு என்றார். அம்மாவுக்கு வயதுதான் முக்கியம். இருபத்தைந்துக்கு மேல் வேண்டவே வேண்டாம் என்பது அவருடைய சட்டம். எங்கள் தாத்தாவும் பாட்டியும் இல்லாததால் தம்பிக்குச் சட்டம் போடும் உரிமை அம்மாவிடம் இருந்தது.

அடுத்த ஞாயிறு பூசைக்குப் பிறகு பெரியம்மாவையும் கூட்டிக்கொண்டு எல்லோரும் டாக்ஸியில் போனோம். வழி முழுவதும் அம்மா மாமாவுக்கு உபதேசம் செய்தார்.

"கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லு. நம்பர் கதையை எடுத்தேன்னு வை, அங்கயே எந்திரிச்சு வந்துடுவேன். இதுவும் போச்சுன்னா நான் வேற எடம் பாக்க மாட்டேன்."

"சரிக்கா."

பெண்ணின் அப்பா துறைமுகத்தில் கிளார்க்காக இருந்து ஓய்வு பெற்றவர். நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்து எங்களையும் அப்படியே உட்கார வைத்தார். மகளுக்கு இருபத்துநாலு முடிந்து இரண்டு மாதம் ஆகிறது என்று கேட்காமலே சொன்னார். பிறகு பேச்சு நின்றுவிட்டது. மாமா தன் காலணியற்ற கால் விரல்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். பெண் ரோஸ்பால் பண்டோங் கிளாஸ்களையும் பொரித்த கறிப்பஃப்களையும் தட்டில் கொண்டுவந்து கொடுத்துவிட்டு, சமையலறை வாசலில் நின்றார். நெடுநெடுவென்று உயரம். சிரிப்பை அடக்கிக்கொண்டிருப்பது போன்ற முகம்.

பெண்ணின் அப்பாதான் கேட்டார்.

"லீவு நாள்ல தம்பி என்ன பண்ணுவீங்க? பந்து விளையாடுவீங்களா?"

கேட்டதுக்குப் பதில் சொல்லு என்றுதானே உத்தரவு. மாமா பதில் சொல்ல ஆரம்பித்தார். அம்மா அவர் முழங்கையைக் கிள்ளியது எனக்குத் தெரிந்தது. பயனில்லை. பாதியாக்குவது, மூன்றால் பெருக்குவது, ஒன்றைக் கூட்டுவது எல்லாம் முடிந்து, நூற்றுக்கணக்கான ஆண்டுகள் ஆனாலும் இது தீராமல் போகலாம் என்ற இடத்துக்கு வந்துவிட்டார். பெண்ணின் அப்பா கேட்டுக்கொண்டே இருந்துவிட்டு, "சரி, இதுல என்ன பிரயோசனம்?" என்றார்.

"ஒண்ணும் இல்ல சார்" என்றார் மாமா உண்மையாக.

அப்போதுதான் பெண் முதல் தடவையாகப் பேசினார்.

"எந்த நம்பர் எடுத்தாலும் ஒண்ணுக்கு வந்துடுமா?"

மாமா நிமிர்ந்தார். "எதுவா இருந்தாலும். உங்க வயசையே எடுத்துப் போட்டுப் பாருங்களேன்."

பெண் ஒரு கணம் மாமாவைப் பார்த்தார். பிறகு உள்ளே போய்விட்டார்.

"இருபத்துநாலுக்கு எத்தனை நேரம் ஆகும்?" என்று கேட்டார் பெண்ணின் அப்பா.

"பத்துப் படிதான் சார். ரெண்டு நிமிஷம்."

இரண்டு நிமிடம் போனது. ஐந்து நிமிடம் போனது. பாடற்குழுப் பெரியம்மா கறிப்பஃப்பைப் புகழ்ந்தார். அப்பா இன்னொரு கறிப்பஃப் எடுத்தார். பத்து நிமிடம் ஆனபோது மாமா கைக்கடிகாரத்தைப் பார்த்தார். அவர் காதுகள் சிவந்து போயின. கையில் இருந்த கறிப்பஃப்பை அப்படியே தட்டில் வைத்துவிட்டார். இருபது நிமிடம் ஆனபோது அம்மா என் கையில் ஒரு காலித் தட்டைக் கொடுத்து, "உள்ள வச்சுட்டு வா" என்றார். என்ன நடக்கிறது என்று பார்த்துவிட்டு வா என்று அதற்கு அர்த்தம்.

சமையலறையில் பெண் அடுப்பு மேடையில் குனிந்து எழுதிக்கொண்டிருந்தார். அங்கேயும் நாள்காட்டித் தாள்தான். ஒரு தாள் நிறைந்து இரண்டாவது தாளில் பாதிக்கு வந்திருந்தார். பழக்க தோஷத்தில் நான் மேலிருந்து படித்தேன். முதல் எண் 27. எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. இருபத்தேழை நான் அறிவேன். சின்ன எண்களில் மாமா என்னிடம் சரிபார்க்கக் கொடுக்காத எண் அது. 'இது வேணாம்டா, ஸ்கூல் பஸ் போயிடும்' என்பார்.

"அக்கா, இருபத்துநாலுதானே போடணும்?"

"இல்ல" என்றார் எழுதிக்கொண்டே. "தோ, முடியப்போகுது. எறங்கி வந்துடுச்சு பாரு."

பார்த்தேன். 2051. அதற்கடுத்து 6144. பிறகு 3072, 1536, 768, 384 என்று மடமடவென்று பாதி பாதியாக இறங்கி 96இல் நின்றது. இன்னும் ஒரு டஜன் படிதான், ஒன்று வந்துவிடும். ஆனால் என் கண்ணுக்கு அது தப்பவில்லை.

"அக்கா, இங்க தப்பு. அஞ்சு மூணு பதினஞ்சு. நீங்க பதினாலுன்னு போட்டுருக்கீங்க. 6154 வரணும்."

அவர் பென்சிலை நிறுத்தினார். 2051ஐ விரலால் தொட்டு மறுபடியும் பெருக்கிப் பார்த்தார். ஹாலில் அவருடைய அப்பா தொண்டையைக் கனைத்தது கேட்டது. அந்தப் பக்கம் ஒரு முறை திரும்பிப் பார்த்தார். பிறகு கீழே எழுதியதை எல்லாம் குறுக்குக் கோடு போட்டு அடித்துவிட்டு, 6154 என்று எழுதினார். அதன் பாதி 3077. அதை மூன்றால் பெருக்கி ஒன்று கூட்டினால் 9232. அவர் பெருமூச்சு விட்டார்.

"மறுபடியும் மேல போகுதே லா. உங்க மாமா என்னைய நல்லா மாட்டிவிட்டாரு."

"வந்துடும்க்கா" என்று சொல்லிவிட்டு நான் திரும்பினேன். நெஞ்சு நிறைந்திருந்தது. ஒரு தவறைக் கண்டுபிடித்துவிட்டேன் அல்லவா.

ஹாலில் பெண்ணின் அப்பா சாய்ந்து உட்கார்ந்து சிரித்துக்கொண்டிருந்தார்.

"என்ன தம்பி, ரெண்டு நிமிஷம்னீங்க? உங்க வித்தை எங்க வீட்டுல பலிக்கல போலருக்கே."

நான் மாமாவைப் பார்த்தேன். இந்தக் கணக்கை யார் குறை சொன்னாலும் விடமாட்டார். இப்போது ஏதாவது சொல்வார் என்று காத்திருந்தேன்.

"சொல்ல முடியாது சார்" என்றார் மாமா. "சில நம்பருக்கு வராமப் போனாலும் போகும். நான்தான் தப்பாச் சொல்லிட்டேன்."

எனக்குக் காதை நம்ப முடியவில்லை. மாமா பொய் சொல்லி நான் கேட்டதே இல்லை. அதுவும் இந்தக் கணக்கைப் பற்றி. எத்தனை தாள்களை நானே சரிபார்த்திருக்கிறேன். நாலு பேர் முன்னால் வாய் திறக்காதவன், அன்றைக்குத் திறந்துவிட்டேன்.

"மாமா சரியாத்தான் சொன்னாரு. அந்த அக்கா இருபத்தேழுல ஆரம்பிச்சிருக்காங்க. அதான் லேட்டாவுது. இருபத்துநாலா இருந்தா எப்பவோ முடிஞ்சிருக்கும்."

பாடற்குழுப் பெரியம்மாவுக்குப் புரையேறியது. பெண்ணின் அப்பா தன் கைகளைப் பார்த்துக்கொண்டு, "சின்னப் பையன், எழுத்து சரியாத் தெரிஞ்சிருக்காது" என்று யாரிடமோ சொல்வதுபோலச் சொன்னார். அம்மா கிளாஸை மேசையில் வைத்துவிட்டு எழுந்தார்.

"கெளம்பலாம்."

அப்பா எழுந்தார். நான் ஏற்கனவே நின்றுகொண்டிருந்தேன். மாமா மட்டும் எழவில்லை.

"அவங்க முடிக்கட்டும்க்கா" என்றார். "நூத்திப் பதினோரு படி. இன்னும் கொஞ்சம்தான் இருக்கும்."

அம்மாவின் பேச்சை மாமா மீறியது அதுதான் முதல் தடவை. அம்மா என்ன செய்வதென்று தெரியாமல் உட்கார்ந்துவிட்டார். கால் மணி நேரத்துக்கு யாரும் யாரையும் பார்க்காமல் உட்கார்ந்திருந்தோம். பிறகு பெண் வெளியே வந்தார். மாமி என்று இப்போது நான் கூப்பிடும் அந்த அம்மாள் நெற்றியில் பென்சில் கறையோடு வந்து, இரண்டு தாள்களையும் தன் அப்பாவைத் தாண்டி மாமாவிடம் நீட்டினார். மாமா மேலிருந்து கீழ்வரை ஒவ்வோர் எண்ணாகப் பார்த்தார். அடித்திருந்த இடத்தில் கொஞ்சம் நின்றார். பிறகு தாள்களை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார்.

திரும்பும்போது பஸ். அம்மா மேல்தளத்தில் முன் இருக்கையில் உட்கார்ந்து கண்ணாடியைப் பார்த்துப் பேசினார்.

"மூணு வயசை முழுங்கிட்டாங்க. பொய் சொல்ற வீடு."

"வீடுதான்க்கா சொல்லிச்சு" என்றார் மாமா பின் இருக்கையிலிருந்து. "அவங்க சொல்லலையே."

அப்பா மெதுவாகச் சொன்னார்.

"எப்படியும் கல்யாண ஓலை வாசிக்க ஞானஸ்நானச் சான்றிதழ் கேப்பாங்க. அப்பத் தெரிஞ்சிருக்கும். எனக்குக்கூட அப்படித்தானே தெரிஞ்சுது. சாமியார் ரூமுக்குள்ள போறப்ப உனக்கு இருபத்தொண்ணு. வெளிய வர்றப்ப இருபத்துமூணு."

அடுத்த மாதமே, இன்னாருக்கும் இன்னாருக்கும் திருமணம் என்று கோயிலில் ஓலை வாசித்தார்கள். மூன்று ஞாயிறும் அம்மா முதல் வரிசையில் உட்கார்ந்து, ஆட்சேபம் சொல்ல யாராவது எழுகிறார்களா என்று திரும்பித் திரும்பிப் பார்த்தார்.

எனக்குத்தான் மனம் ஆறவில்லை. மாமாவோடு ஒரு வாரம் பேசவில்லை. ஒரு சாயங்காலம் அவர் சரிபார்க்கத் தாள் கொடுத்தபோது கேட்டுவிட்டேன்.

"ஏன் மாமா தப்புன்னு சொன்னீங்க? இருபத்தேழுக்கு வரும்னு உங்களுக்குத் தெரியுமே."

"அவங்க போடுறது இருபத்தேழுன்னு பத்து நிமிஷத்துலயே தெரிஞ்சுபோச்சுடா. முப்பதுக்குள்ள வேற எந்த நம்பரும் அவ்வளவு நேரம் எடுக்காது."

"தெரிஞ்சுமா தப்புன்னு சொன்னீங்க?"

மாமா சிரித்துக்கொண்டே பென்சிலைச் சீவினார்.

நான் தாளை வாங்கிக்கொண்டு யோசித்தேன். மாமா சரியான கணக்கை எல்லோர் முன்னாலும் தப்பு என்று சொன்னார். மாமியோ, யாரும் பார்க்காத சமையலறையில், பத்துப் படியில் முடிந்திருக்கக்கூடிய எண்ணை விட்டுவிட்டு இருபத்தேழை எடுத்தார். முடியப்போகும் நேரத்தில் நான் சொன்ன ஒரு தவறுக்காக எல்லாவற்றையும் அடித்துவிட்டு மறுபடியும் ஏறினார். நெடுநேரம் யோசித்த பிறகு, இரண்டு பேருக்குமே கணக்குச் சரியாக வராது என்ற முடிவுக்கு வந்தேன். பாவம், இனி இரண்டு பேருக்கும் நான்தான் சரிபார்த்துக் கொடுக்க வேண்டியிருக்கும் என்று கவலைப்பட்டேன்.