கல்யாணமா, விஷமா

தோர்கில், டென்மார்க்கின் ரானர்ஸ் நகரத்தில் பேருந்து ஓட்டுநர். ரயில் நிலையத்திலிருந்து மருத்துவமனைக்குப் போவான், மறுபடி ரயில் நிலையத்துக்கு வருவான். அவன் ஒரு காலத்தில் பாடகனாக இருந்தான் என்று சொன்னால் பயணிகள் நம்புவதில்லை. அவன் பக்கத்தில் நின்று பேஸ் கிதார் வாசித்த நானே முழுதாக நம்பியதில்லை. குரல் இருந்தது என்று சொல்ல மாட்டேன். தொண்டை இருந்தது.

எண்பதாம் ஆண்டு தொடங்கிய எங்கள் பங்க் இசைக்குழுவுக்கு ஈரச் சாக்ஸ் என்று பெயர். டிரம்ஸ் அடித்தவன் ப்யார்னெ. ஒரு பாட்டுதான் எங்களை ஊர் ஊராக அனுப்பியது. தோர்கில் எழுதிய அந்தப் பாட்டில் ஒரே வரி: ‘வி எர் கிஃப்ட்.’ அதையே இரண்டு நிமிடம் கத்த வேண்டும்.

டேனிஷில் கிஃப்ட் என்றால் விஷம். கல்யாணம் ஆனவர் என்பதற்கும் அதே கிஃப்ட்தான். எழுத்திலும் உச்சரிப்பிலும் மயிரிழை வித்தியாசம் கிடையாது. ‘நாங்கள் விஷம்’ என்றும் கேட்கலாம், ‘எங்களுக்குக் கல்யாணம் ஆகிவிட்டது’ என்றும் கேட்கலாம்.

ஹம்பர்க்கில் வாசித்தபோது குழப்பமே இல்லை. ஜெர்மன்காரர்களுக்கு அது விஷம் மட்டும்தான். இங்கிலாந்தில் எங்களைப் பரிசுப்பொருள் என்று நினைத்து, ஒருத்தி ப்யார்னெயின் கழுத்தில் ரிப்பன் கட்டிவிட்டாள். ஊருக்குத் திரும்பினால், யாரோ ஒரு புது மணப்பெண் வானொலியில் அந்தப் பாட்டை விரும்பிக் கேட்டிருந்தாள். அதன்பிறகு கல்யாண மண்டபங்களிலிருந்துதான் அழைப்பு வந்தது. கோபன்ஹேகனில் எங்கள்மேல் துப்பினார்கள். பங்க் ரசிகர்கள் பிடித்திருந்தால் துப்புவார்கள். அன்று பிடித்துத் துப்பினார்களா பிடிக்காமல் துப்பினார்களா என்பதை நாங்கள் வேனில் வீடு திரும்பும்வரை விவாதித்தோம், முடிவு கிடைக்கவில்லை.

அப்படி ஒரு கல்யாண மண்டபத்துக்குத்தான் லிஸ்பெத் வந்தாள். பல் மருத்துவரிடம் உதவியாளராக இருந்தவள். மேடைக்குப் பின்னால் வந்து தோர்கிலிடம் கேட்டாள்: “அது கல்யாணந்தானே?” தோர்கில் தலையாட்டினான். எண்பத்து நான்கில் அவர்களுக்குக் கல்யாணம் ஆனது, குழுவும் முடிந்தது. எது எதனால் என்று எனக்குத் தெரியாது.

இருபத்தைந்து வருடம் கழித்து வெள்ளிவிழா வந்தது. எங்கள் ஊர் வழக்கப்படி முதல்நாள் மாலை தெருக்காரர்கள் எல்லாரும் சேர்ந்து அவர்கள் வாசலில் ஊசியிலை மரக்கிளைகளால் வளைவு கட்டினோம். உள்ளே இருக்கும் தம்பதி எதையும் பார்க்காததுபோல இருக்க வேண்டும். திரைச்சீலைக்குப் பின்னால் நின்றுகொண்டிருப்பார்கள் என்பது எல்லாருக்கும் தெரியும். ஏணிமேல் நின்ற ப்யார்னெ மட்டும் மறந்துவிட்டான். இரண்டு பீர் உள்ளே போயிருந்தது.

“நாளைக்குக் காலைல அந்தப் பாட்டையே பாடறோமாம்!” என்று கத்தினான். “அடேய், அது விஷம்டா! ஆத்துல மீன் செத்து மிதந்தப்ப எழுதினது. பாவம் லிஸ்பெத், இவ்வளவு வருஷமா அதைக் காதல் பாட்டுன்னு நெனச்சிட்டிருக்கா!”

“வாயை மூடுடா,” என்றேன். திரைச்சீலை அசைந்தது.

மறுநாள் விடிகாலையில் தம்பதியைப் பாடி எழுப்பத் தெருவே கூடியது. ரொட்டிக் கூடைகள், வெள்ளிக் காகிதத்தில் வெட்டிய 25, ப்யார்னெயின் கழுத்தில் ஒரு சின்ன டிரம். அந்தப் பாட்டையே கொஞ்சம் மெதுவாகப் பாடினோம். தம்பதி தூங்குவதுபோல நடிப்பது முறை. இரண்டாம் முறை பாடும்போது இரவு உடையில் கண்ணைக் கசக்கிக்கொண்டு வருவார்கள். இரண்டாம் முறையும் பாடி முடித்தோம். கதவு திறக்கவில்லை.

“நல்லா நடிக்கறாங்க,” என்றாள் எதிர்வீட்டு எல்ஸெபெத்.

மூன்றாம் முறையும் ஆனது. “ரொம்பத்தான் நடிக்கறாங்க,” என்றாள்.

நான் பின்பக்கம் போனேன். சமையலறை ஜன்னல் திறந்திருந்தது. இருவரும் இரவு உடையில் மேசைக்கு எதிரெதிரே உட்கார்ந்திருந்தார்கள்.

“எதுன்னு சொல்லு,” என்றாள் லிஸ்பெத். “சொன்னாத்தான் அந்த வளைவுக்குக் கீழ வந்து நிப்பேன்.”

“வெளிய எல்லாரும் நிக்கறாங்க, லிஸ்பெத்.”

“நிக்கட்டும். ரொட்டி ஆறிப்போனா நான் சூடு பண்ணித் தரேன். விஷமா, கல்யாணமா?”

தோர்கில் விஷம் என்றுதான் சொல்வான் என்று நினைத்தேன். மீன்கள் செத்து மிதந்தது எனக்கும் நினைவிருந்தது. ஆனால் பாட்டு அதற்கு முன்பா பின்பா என்று யோசித்தால், எதையும் உறுதியாகச் சொல்ல முடியவில்லை.

“தெரியல,” என்றான்.

“தெரியலையா?”

“அந்த வார்த்தை கத்தறதுக்கு நல்லாருந்தது. சின்ன வார்த்தை. என் தொண்டைக்கு அதுதான் வந்தது. ப்யார்னெ விஷம்னான், சரின்னேன். நீ வந்து கல்யாணமான்னு கேட்ட, தலையாட்டினேன். அதுக்கப்புறம் எனக்கு அது கல்யாணம்தான்.”

“அதாவது, நான் கேட்டதாலதான்.”

“ஆமா.”

“கேக்காம இருந்திருந்தா?”

“ப்யார்னெயைக் கட்டியிருப்பேனோ என்னவோ.”

அவள் சிரிக்கவில்லை. சொன்னவனுக்குப் பொருள் தெரியாத ஒரு சொல்லைக் கேட்டு ஒருத்தி தன் வாழ்க்கையைக் கொடுத்திருக்கிறாள். அந்தப் பொருள் யாருடையது என்று நான் பல நாள் யோசித்திருக்கிறேன். ஜன்னலுக்கு வெளியே செடிக்குள் நின்றுகொண்டு யோசிக்க வேண்டிய விஷயம் அல்ல அது.

“அப்ப அந்தப் பாட்டை எழுதினது நான்,” என்றாள் லிஸ்பெத். “என் பாட்டை நீங்க மூணு பேரும் இத்தனை வருஷம் தப்பா பாடியிருக்கீங்க. எந்திரி.”

நான் முன்பக்கம் ஓடி வருவதற்குள் கதவு திறந்தது. எல்லாரும் கைதட்டினார்கள். லிஸ்பெத் நேராக ப்யார்னெயிடம் போனாள்.

“மெதுவா அடிக்காதே. பழைய வேகத்துல அடி.”

“லிஸ்பெத், நேத்து நான் சொன்னது...”

“அடிடா.”

அடித்தான். வளைவுக்குக் கீழே நின்று, கணவனின் முகத்துக்கு நேராக அவள் கத்தினாள். வி எர் கிஃப்ட். கழுத்து நரம்பு புடைத்தது. தெருக்காரர்கள் மகிழ்ச்சியாகத் தாளம் போட்டார்கள். அவள் சொன்னது எந்தச் சொல் என்று, கைக்கெட்டும் தூரத்தில் நின்ற எனக்குத் தெரியவில்லை. அந்தப் பாட்டு சரியாகப் பாடப்பட்டு நான் கேட்டது அந்த ஒரு முறைதான்.

தோர்கில் அவளோடு சேர்ந்து பாடவில்லை. வாயைத் திறந்தபடி அவளையே பார்த்துக்கொண்டு நின்றான்.

பிறகு அவள் சின்னக் கோப்பைகளில் விழாக் காலைகளில் குடிக்கும் கசப்பு மதுவை ஊற்றி எல்லாருக்கும் கொடுத்தாள். கடைசிக் கோப்பை தோர்கிலுக்கு. நிறம் ஏனோ கொஞ்சம் கறுப்பாக இருந்தது.

“என்னது இது?” என்று கேட்டான்.

“எனக்கும் தெரியல,” என்றாள். “நீ தலையாட்டு, போதும்.”

தலையாட்டிவிட்டுக் குடித்தான்.