தட்டம்மை போன கடல்வழி

அந்தமானில், போர்ட் பிளேரின் மின்னி பே பகுதியில் குடியிருந்த மங்கையர்க்கரசி, சுகாதார அலுவலகத்தில் வரைபடம் வரைபவள். 1967இல் அவளுக்குப் புதுவிதமான வேலை ஒன்று வந்தது. தீவுகளில் முன்பு பரவிய கொள்ளைநோய்கள் எந்த வழியாக எங்கே போயின என்று பழைய அரசாங்க அறிக்கைகளிலிருந்து டாக்டர் குறித்துக் கொடுப்பார். அவள் அதை வரைபடத்தில் ஏற்ற வேண்டும்.

தட்டம்மைக்குச் சிவப்பு மை. போன நூற்றாண்டில் போர்ட் பிளேரில் தொடங்கிய கோடு, கரையோரமாகவே வடக்கே ஏறியது. நோய் தொற்றிய ஆதிகுடிகள் தங்கள் சனங்களிடம் திரும்ப, நோயும் கூடவே போயிருந்தது. போன இடமெல்லாம் குடியிருப்புகள் வெறிச்சோடின.

"ஏன் சார் அங்க போனாங்க?" என்று ஒருநாள் கேட்டாள்.

"உடம்பு முடியலேன்னா மனுஷன் எங்கம்மா போவான்? வீட்டுக்குத்தான்" என்றார் டாக்டர். "கிளம்பறப்ப பாதிப் பேருக்குத் தடிப்புகூட வந்திருக்காது. வெறும் சளி, காய்ச்சல். அப்பவே ஒட்டிக்கும்."

அடுத்த மாசியில் வடக்குக் கோடியிலிருந்த திக்லிபூரில் அவள் தங்கை சரசுவுக்குக் கல்யாணம். பெற்றோர் இல்லை, அக்காதான் முன்னின்று நடத்த வேண்டும். கப்பலேறும் காலையில் மகள் புஷ்பத்துக்கு மூக்கு ஒழுகியது, கண் சிவந்திருந்தது, உடம்பு சுட்டது.

"சர்திதான், வெறும் சளி. மாயாபந்தர்ல இறங்கறதுக்குள்ள டீக் ஆயிடும், சரியாப் போயிடும்" என்றான் கணவன் உதயசூரியன், கப்பல்துறையில் நின்றபடி.

அவள் மேலே பார்த்தாள். கப்பல் தளமெங்கும் மடியில் குழந்தைகளோடு பெண்கள் நெருக்கியடித்து உட்கார்ந்திருந்தார்கள்.

"உங்களுக்குச் சின்ன வயசுலயே தட்டம்மை வந்து போயாச்சு. நீங்க போய் நின்னு நடத்திக் குடுங்க. நாங்க வரல."

"சரசுகிட்ட என்னன்னு சொல்றது?"

"பிள்ளைக்குக் காய்ச்சல்னு சொல்லுங்க."

"ஒரு காய்ச்சலுக்கா கல்யாணத்துக்கு வரலன்னு கேப்பாளே."

அவள் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு கரையிலேயே நின்றாள். கப்பல் போன பிறகும் வெகுநேரம் அழுதாள்.

இரண்டொரு நாளில் புஷ்பத்துக்குத் தடிப்பு கண்டது, பிறகு குணமாயிற்று. தங்கை மட்டும் பேசவில்லை. அந்த மழைக்காலத்தில் வேறொரு கப்பலில் வந்த யாரிடமிருந்தோ திக்லிபூரிலும் தட்டம்மை பரவியது. சரசுவின் பக்கத்து வீட்டுக் கைக்குழந்தை போய்விட்டது.

மறுவருஷம் சரசு பிரசவத்துக்குப் போர்ட் பிளேர் வந்தாள். அக்காவிடம் கேட்டாள்: "நீ வராட்டியும் அது வந்துருச்சே. அப்புறம் எதுக்கு வராம இருந்தே?"

மங்கையர்க்கரசி யோசித்தாள். "தடுத்துட்டேன்னு சொல்ல முடியாது சரசு. நான் கொண்டு வரல. அவ்வளவுதான்."

 குழந்தை பிறந்த பிறகும் சரசு அதைத் தூக்கிக்கொண்டு கப்பலேறவில்லை; மழை ஓயும்வரை அக்கா வீட்டிலேயே இருந்தாள்.