மைக்கைப் பிடிக்குமுன் கொடுத்த பேனா

கும்பகோணத்துப் பக்கம் நெல் கொள்முதல் நிலையத்தில் என் மூட்டைகள் மழையில் நனைந்து முளைத்துக் கிடந்தபோதுதான் அவர் வந்தார். ஒல்லி உடம்பு, தொளதொளச் சட்டை. ஒரு நாளிதழுக்கும் ஒரு டிவிக்கும் அவரே நிருபர். மைக்கைப் பிடிக்குமுன் சட்டைப்பைப் பேனாவை என்னிடம் நீட்டினார்.

“எதுக்குங்க?”

“இது பேப்பர் பேனாங்க. நான் டிவியில பேசுறதக் கேட்டா கோச்சுக்கும்.”

டிவி அலுவலகம் போனில் சொன்னபடியே, “கொள்முதல் தடையின்றி நடக்கிறது” என்று கேமராவிடம் சொன்னார். பிறகு பேனாவை வாங்கி, முளைத்த நெல்லைப் பற்றி நாளிதழுக்கு எழுதினார்.

மறுநாள் காலை, நாளிதழ்ச் செய்திகளை வாசிக்கும் நிகழ்ச்சியில், அதே டிவி அவர் எழுதியதை உரக்க வாசித்தது!

போன் செய்து சொன்னேன்.

“அப்படியாங்க? நான் டிவியே பாக்குறதில்லீங்க.”

குரலில் துளி சிரிப்பில்லை. அதனால்தான், தெரிந்தேதான் செய்தாரோ என்று இன்றுவரை எனக்குச் சந்தேகம்.