பதினொரு நாள் ஈரப்பதம்

என் மனைவி குளியலறையில் இறந்துபோனாள். மாரடைப்பு என்று டாக்டர் எழுதிக் கொடுத்தார். அறுபத்து நான்கு வயது, பதினேழு வருடமாகப் பிரஷர் மாத்திரை. யாரும் வேறெதுவும் கேட்கவில்லை, நானும் கேட்கவில்லை. அது மாரடைப்பு இல்லை என்று எனக்குத் தெரிந்தபோது நாற்பத்து மூன்று நாள் ஆகியிருந்தது. அதற்குள் அந்தக் குளியலறையில் இருந்த கேஸ் கீசர் சாத்தூரில் என் மகள் வீட்டுச் சுவரில் ஏறிவிட்டது.

நான் வேதியியல் படித்தவன். ஏழாயிரம்பண்ணைப் பக்கம் ஒரு பட்டாசுக் கம்பெனியில் முப்பத்தொரு வருடம் வேலை பார்த்தேன். காலையில் போனதும் முதல் வேலை, காற்றில் எவ்வளவு ஈரம் இருக்கிறது என்று பார்ப்பது. ஒரு பலகையில் இரண்டு தெர்மாமீட்டர் இருக்கும். ஒன்றின் குமிழைச் சுற்றி நனைந்த துணி. இரண்டு எண்ணுக்கும் உள்ள வித்தியாசத்தை அட்டவணையில் வைத்துப் பார்த்தால் ஈரப்பதம் கிடைத்துவிடும். ஐம்பதுக்குக் கீழே இருந்தால் வெடிமருந்து செலுத்தும் அறையைத் திறக்க விடமாட்டேன். காய்ந்த காற்றில் உடம்பில் மின்சாரம் சேரும். சேலை உரசிய பொறி போதும், அறையே போய்விடும். தரையில் தண்ணீர் தெளித்து, வாசலில் ஈரச் சாக்கு விரித்து, எண் ஏறும்வரை காத்திருப்போம். உடம்பில் சேர்ந்த மின்சாரம் இறங்க, வேலைக்கு வரும் பெண்கள் வாசலில் பதித்த செம்புத் தகட்டைத் தொட்டுவிட்டுத்தான் உள்ளே போக வேண்டும். நான் நின்று எண்ணுவேன்.

“நேத்தும் தொட்டோம், முந்தாநாளும் தொட்டோம். தகடும் தேஞ்சு போச்சு, எங்க கையும் தேஞ்சு போச்சு. உங்களுக்கு எண்ணித்தான் தீரலை அண்ணாச்சி” என்பாள் ஒருத்தி. மற்றவர்கள் சிரிப்பார்கள். சிரித்தாலும் தொடுவார்கள்.

மழைக்காலத்தில் மிஞ்சின ஈரமும் சில மருந்துக்கு ஆகாதுதான். ஆனால் என் பயமெல்லாம் வறட்சியின் மேல். ஐம்பத்தெட்டு என்றால் மூச்சு சீராக வரும். எழுபது என்றால் அன்றைக்கு முழுக்க நிம்மதி. முப்பத்தொரு வருடம் இப்படியே இருந்தால் அது அறிவாக இருக்காது, உடம்பின் பழக்கமாக ஆகிவிடும். என் கேடு அங்கேதான் இருந்தது.

ஓய்வுபெற்று விருதுநகர் வீட்டோடு இருந்தேன். மனைவிக்கு விரல் மூட்டெல்லாம் வலி. மார்கழியில் பச்சைத் தண்ணீரில் கை வைக்க முடியவில்லை. அடுப்பில் வைத்த வெந்நீரைத் தூக்கிக்கொண்டு போகவும் முடியவில்லை. கேஸ் கீசர் வாங்கி மாட்டினேன். சிலிண்டர் வெளியே, மெஷின் குளியலறைக்குள்ளே. குழாயைத் திறந்தால் ‘டிக் டிக்’ என்று பொறி விட்டு, தானே பற்றிக்கொள்ளும். மாட்ட வந்தவர் மேலே இருந்த சின்ன வென்டிலேட்டரைக் காட்டினார்.

“அண்ணாச்சி, அதை மட்டும் அடைச்சிராதீக. காத்து வந்து போகணும்.”

சரி என்றேன். ஏன் என்று கேட்கவில்லை. கேஸ் கசிந்தால் வெளியே போவதற்காகச் சொல்கிறார் என்று நானே நினைத்துக்கொண்டேன். கசிந்தால் என் மூக்குக்குத் தெரியாதா?

எனக்கு வேறு கவலை. அந்தப் பொறி. பொறி என்றாலே காற்றின் ஈரத்தைப் பார்த்தாக வேண்டும் எனக்கு. சின்னதாக ஒரு டிஜிட்டல் ஈரமானி வாங்கினேன். நீள ஒயரின் நுனியில் மொட்டு மாதிரி இருந்த சென்சாரை, துண்டு போடும் கொக்கியில் கட்டினேன். எண் தெரிகிற பெட்டி கதவுக்கு வெளியே. அவள் குளிக்கும்போது நான் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து பார்ப்பேன், நோட்டில் எழுதுவேன்.

“குளிக்கிற இடத்துல ஈரம் இருக்கான்னு பாக்குற ஒரே ஆம்பள இந்த ஜில்லாவிலேயே நீங்கதான்” என்று உள்ளேயிருந்து சத்தம் வரும். “இன்னிக்கு எம்புட்டு? பாஸா, பெயிலா?”

“அறுபத்தாறு.”

“அப்ப நான் வெடிக்க மாட்டேன்ல?”

ஒன்பதாம் நாள், தலை துவட்டிக்கொண்டே வந்தவள் நடுங்கினாள். “ஏங்க, வெந்நியில குளிச்சும் குளிருது. அந்த ஓட்டையில இருந்து ஊசி மாதிரி காத்து வருது.”

மருமகன் சிவகாசியில் ஒரு அச்சகத்தில் வேலை பார்க்கிறார். கழிந்துபோன காலண்டர் அட்டைகளைக் கட்டுக்கட்டாகக் கொண்டுவந்து போட்டிருந்தார். ஒன்றை அளந்து வெட்டி, நான்கு ஆணி அடித்து, வென்டிலேட்டரை அடைத்தேன். குளிருகிறது என்று அவள் சொன்னாள். அடைத்தவன் நான்.

மறுநாள் எண்பத்தொன்று காட்டியது. எனக்குச் சந்தோஷமாக இருந்தது. அடைத்ததனால் குளிக்கும் ஆவி உள்ளேயே நிற்கிறது, இனி அந்தப் பொறியைப் பற்றிப் பயமில்லை என்று நினைத்தேன். அன்றிலிருந்து பதினொரு நாள். எண்பத்தொன்று, எண்பத்து மூன்று, எண்பத்திரண்டு, எண்பத்தாறு என்று ஏறிக்கொண்டே போனது. சுவர் டைலில் தண்ணீர் கோடு கோடாக வழிந்தது. கண்ணாடி வெளுத்துப் போனது. அவள் குளித்து வந்ததும், தலை கிறுகிறுக்கிறது, நெற்றிப் பொட்டு தெறிக்கிறது என்றாள். சுக்குக் காபி போட்டுக் கொடுத்தேன். பத்து, பத்தரைக்குச் சரியாகிவிடும். ஈரப்பதத்துக்குப் பக்கத்திலேயே அதையும் குறித்து வைத்தேன்: தலைவலி, சுக்குக் காபி. பதினொரு நாளில் ஏழு நாள் அந்தக் குறிப்பு இருக்கிறது. ஒரே பக்கம், ஒரே கையெழுத்து. இரண்டையும் சேர்த்துப் பார்க்க எனக்குத் தோன்றவில்லை.

பதினோராம் நாள் தொண்ணூற்று மூன்று வந்தது. கம்பெனியில் அடைமழை நாளில்கூட அபூர்வமாகத்தான் அந்த எண்ணைப் பார்த்திருக்கிறேன். நோட்டில் எழுதி, அடியில் ஒரு கோடு போட்டேன். “இந்தா, தொண்ணூத்தி மூணு!” என்றேன். பதில் இல்லை. தண்ணீர் விழும் சத்தம் மட்டும் வந்தது. குவளைச் சத்தம் நின்றிருந்தது. எப்போது நின்றது என்று தெரியவில்லை. நான் எண்ணைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

பக்கத்து வீட்டுக்காரர் வந்து தாழ்ப்பாளை உடைத்தார். வாளி நிரம்பி வழிந்துகொண்டிருந்தது, மேலே கீசர் எரிந்துகொண்டிருந்தது. அவளைத் தூக்கும்போது எனக்கும் தலை சுற்றியது. துக்கம் என்று நினைத்தேன்.

பதினாறாம் நாள் காரியம் முடிந்து உறவெல்லாம் கிளம்பிய பிறகு மருமகன் தயங்கித் தயங்கிக் கேட்டார். “மாமா, புது மெஷின். இங்கன சும்மா கெடந்தா துருப்பிடிச்சிரும். பாப்பா குளிக்க எங்களுக்கு ஆகும்.”

“எடுத்துக்கிடுங்க மாப்ள” என்றேன். அது என் கண்ணில் படாமல் இருந்தால் போதும் என்றிருந்தது எனக்கு.

நாற்பத்து மூன்றாம் நாள் மகள் போன் செய்தாள். சாப்பிட்டேனா, மாத்திரை போட்டேனா என்று வழக்கமான கேள்விகள். பிறகு சொன்னாள். “உங்க பேத்தி புதுசா ஒரு கள்ளத்தனம் பழகியிருக்காப்பா. காலையில குளிச்சிட்டு வந்ததும் தலை வலிக்குதுங்கா. பள்ளிக்கூடத்துக்கு மட்டம் போட. பத்து மணி ஆனா தன்னால சரியாகிருது.”

அவளை மேலே பேசவிடவில்லை. “அந்தக் கீசரைப் போடாத. நான் வாரேன். அதுவரைக்கும் தொடாத.”

“ஏம்ப்பா?”

“டியூப்ல லீக் இருக்குமோன்னு நெனக்கேன்.”

பொய். போனை வைத்துவிட்டு நோட்டை எடுத்தேன். கேஸ் எரிந்தால் தண்ணீர் பிறக்கும். நான் பட்டம் வாங்கிய பாடம் அது. கல்லூரிக்குப் போகாதவனுக்குக்கூடத் தெரியும், சட்டியைத் தீயில் வைத்ததும் அடியில் வேர்க்கும் என்று. எரிந்த புகை வெளியே போனால் அந்தத் தண்ணீரும் கூடவே போய்விடும். அறைக்குள் ஈரம் ஏறுகிறது என்றால், புகை போகவில்லை என்று அர்த்தம். காற்று குறையக் குறையத் தீ அரைகுறையாக எரியும். அப்போது வருகிற விஷ வாயுவுக்கு மணம் கிடையாது, நிறம் கிடையாது. என் ஈரமானி பதினொரு நாள் அதைத்தான் சொல்லிக்கொண்டிருந்தது. நான் பாஸ் போட்டுக்கொண்டிருந்தேன்.

காலை முதல் பஸ்ஸில் சாத்தூருக்குப் போனேன். வழியெல்லாம் ஒரு ஆசை விடாமல் கூடவே வந்தது. ஒருவேளை வெறும் குளியல் ஆவியாக இருந்தால்? அப்படி இருந்தால் மாரடைப்பு மாரடைப்பாகவே இருக்கட்டும். அளந்து பார்த்துவிடுவோம். எனக்கு எல்லாவற்றுக்கும் ஒரு எண் வேண்டும்.

பேத்தி பள்ளிக்கூடம் போயிருந்தாள். மருமகனும் வேலைக்குப் போயிருந்தார். அந்தக் குளியலறை வென்டிலேட்டரையும் தெருப் புழுதிக்காகப் பாலிதீன் வைத்து ஒட்டியிருந்தார்கள். குழாயில் ஒரு டியூபை மாட்டி, கதவுக்கு அடியில் விட்டு, மறுநுனியைக் கொல்லைச் சாக்கடையில் போட்டேன். வெந்நீர் அறைக்குள் ஒரு சொட்டு விழக்கூடாது. விழுந்தால் அந்த ஆவியும் கணக்கில் சேர்ந்துவிடும். ஈரமானியின் சென்சாரை உள்ளே கட்டினேன், பெட்டியை வெளியே வைத்தேன். குழாயைத் திறந்துவிட்டு உடனே வெளியே வந்து கதவைச் சாத்தினேன்.

“யாருமே குளிக்காத பாத்ரூமுக்கு என்னப்பா அளவு?” என்று மகள் கேட்டாள். “அம்மா சொன்னது சரிதான். உங்களுக்கு அது ஒரு வியாதி.”

அறுபத்தொன்று. இரண்டு நிமிடத்தில் அறுபத்தேழு. ஐந்து நிமிடத்தில் எழுபத்தொன்பது. அதே பெட்டி காட்டும் சூட்டைப் பார்த்தேன், அதுவும் ஏறியிருந்தது. அறை சூடானால் ஈரப்பதம் இறங்க வேண்டும். இரண்டும் சேர்ந்து ஏறின. குளிப்பவர் இல்லாத அறையில், சிந்தாத தண்ணீர் எங்கிருந்தோ வந்துகொண்டிருந்தது. ஏழாவது நிமிடம் எண்பத்தாறு. கொல்லைக்குப் போய் சிலிண்டரை மூடினேன். கதவை எட்டி நின்று கம்பால் தள்ளித் திறந்தேன். கால் மணி நேரம் யாரையும் பக்கத்தில் விடவில்லை.

மகளுக்கு அதற்குள் ஏதோ புரிந்துவிட்டது. “என்னப்பா? பாப்பாவுக்கு இதுனாலயா வலிக்கு?”

“இதுனாலதான்.”

பாப்பாவுக்கு மட்டும்தான் என்று நிறுத்தியிருக்கலாம். மெஷினைக் கழற்றிவிட்டால் போதும், குழந்தை பிழைத்தது. ஆனால் அவள் என் முகத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தாள்.

“அம்மா?”

நோட்டை நீட்டினேன். வாங்கவில்லை. “வாசிங்க” என்றாள்.

பதினொரு நாளையும் வாசித்தேன். தலைவலிக் குறிப்புகளையும் விடவில்லை. வென்டிலேட்டரில் அட்டை அடித்ததையும், மாட்ட வந்தவர் அடைக்காதே என்று சொன்னதையும் சொன்னேன். அவள் சுவரில் சாய்ந்து உட்கார்ந்தாள். கடைசி எண்ணைச் சொன்னதும் நோட்டை எட்டிப் பார்த்துக் கேட்டாள்.

“அதுக்குக் கீழ என்ன கோடு?”

“நல்ல அளவுன்னு போட்டேன்.”

“எழுதி, கோடும் போட்டுட்டுத்தான் கூப்பிட்டீகளா?”

“ஆமா தாயி.”

“எம்புட்டு நேரம் இருக்கும்?”

அது மட்டும் எனக்குத் தெரியவில்லை. வாழ்க்கையில் நான் எண்ணாமல் விட்டது அந்த ஒன்றுதான். தெரியவில்லை என்றேன். அவள் எழுந்து அடுப்படிக்குப் போனாள். அழும் சத்தம் கேட்கவில்லை. ஒரு பாத்திரம் விழுந்தது, அதை எடுக்கும் சத்தமும் கேட்கவில்லை.

சாயந்தரம் மருமகன் வந்து மெஷினைக் கழற்றினார். வென்டிலேட்டரில் ஒட்டியிருந்த பாலிதீனைக் கிழித்தார். “விடுங்க மாமா, தெரிஞ்சா செஞ்சீக?” என்றார். நல்ல மனுஷன். மகள் எனக்குச் சோறு போட்டாள், மோர் ஊற்றினாள், உப்பு வேண்டுமா என்றுகூடக் கேட்டாள். எனக்கு வேண்டிய மற்ற வார்த்தை எதுவும் அவளிடமிருந்து வரவில்லை. இலையை எடுக்கும்போது, “ஏழு மணி பஸ்ஸுக்குக் கெளம்புறீகளா?” என்றாள். இரண்டு நாள் தங்கலாம் என்று மாற்று வேட்டி கொண்டு போயிருந்தேன். கிளம்புகிறேன் என்றேன்.

இப்போது தினமும் காலை பத்து மணிக்கு நான்தான் போன் செய்கிறேன். முன்பெல்லாம் அவள் செய்வாள். மணி அடித்ததும் எடுக்கிறாள். பேத்தி வீட்டில் இருந்தால் ஒன்றும் பேசாமல் அவள் கையில் கொடுத்துவிடுகிறாள். பள்ளிக்கூட நாட்களில் போனை எடுத்து மேசைமேல் வைத்துவிடுவாள். பாத்திரம் கழுவுவது, மிக்ஸி ஓடுவது எல்லாம் கேட்கும். நான் வைக்கும்வரை அவளும் வைப்பதில்லை. ஞாயிற்றுக்கிழமை மட்டும்தான் குழந்தையின் குரல்.

“தல வலிக்குதா பாப்பா?”

“இல்ல தாத்தா.”

“குளிச்சியா?”

“அம்மா அடுப்புல வெந்நி போட்டுக் குடுத்தாங்க.”

அதற்குமேல் குழந்தைக்கு என்னிடம் பேச ஒன்றுமில்லை. பின்னாலிருந்து என் மகளின் குரல் கேட்கும்: “கேட்டாச்சுல்ல, வையி.” அந்த இரண்டு வார்த்தையும் என்னிடம் சொல்வதாக நினைத்துக்கொள்கிறேன்.