படைவீரரின் நெஞ்சளவு

எழுபதுகளின் நடுப்பகுதியில், மெல்பேர்னுக்கு வந்து எட்டு மாதம் கழித்து எனக்குக் கிடைத்த முதல் வேலை, ஒரு திரைக்குப் பின்னால் இருந்து எண்களை எழுதுவது. திரையின் மற்றப் பக்கத்தில் படைவீரர்கள் உள்ளாடையோடு நின்றார்கள். ஒருவர் அவர்களை அளந்து எண்ணைச் சொல்வார். நான் கட்டம் போட்ட தாளில் எழுதுவேன். உயரம், தோள் அகலம், நெஞ்சு, இடுப்பு, கை நீளம், பாத அகலம் என்று ஒரு ஆளுக்கு நாற்பதுக்கு மேற்பட்ட கட்டங்கள். பெயர் எழுத இடமில்லை, வரிசை எண் மட்டும்தான்.

யாழ்ப்பாணத்தில் நான் கணிதம் படிப்பித்தவள். இங்கே என் பட்டத்தை எந்தப் பள்ளிக்கூடமும் உடனே ஏற்றுக்கொள்ளவில்லை. அரசாங்க ஆராய்ச்சி நிலையம் ஒன்றில் தற்காலிக எழுதுவினைஞர் வேலை இருப்பதாகப் பத்திரிகையில் பார்த்து விண்ணப்பித்தேன். நேர்முகத்துக்குப் போனபோது, மெலிந்த, காதில் பென்சில் செருகிய ஒரு பொறியியலாளர் இருந்தார். அவர்தான் பிறகு என் மேலதிகாரி. இது பாதுகாப்புத் துறைக்கான வேலை என்று சொன்னதும் நான் கொஞ்சம் பின்வாங்கினேன். துப்பாக்கியா, குண்டா என்று கேட்டேன். அவர் சிரிக்காமல் பதில் சொன்னார்.

"இவ்வளவு காலமும் மற்ற நாடுகளிடம் வாங்கினோம். விமானத்தின் இருக்கை அமெரிக்கனின் முதுகுக்குச் செய்தது. சேர்ட்டின் வெட்டு பிரித்தானியாவிலிருந்து வந்தது. இனிமேல் பலவற்றை இங்கேயே செய்யப் போகிறோம். செய்வதற்கு முன் நாங்கள் எவ்வளவு பெரிய ஆட்கள் என்று தெரிய வேண்டும்."

ஒரு நாட்டின் படைபலம் என்றால் எனக்குக் கப்பலும் பீரங்கியும்தான் நினைவுக்கு வரும். அதற்கெல்லாம் அடியில் யாரோ ஒருவனின் பாத அகலம் எழுதப்பட்டிருக்கும் என்று நான் யோசித்ததே இல்லை. அந்த ஒரு வசனத்துக்காகவே வேலையை ஒப்புக்கொண்டேன்.

என் கணவர் தொலைபேசித் திணைக்களத்தில் வேலை செய்தார். அன்று பின்னேரம் குசினியில் நின்று விஷயத்தைச் சொன்னேன். அவர் கையிலிருந்த கோப்பையைக் கீழே வைத்தார்.

"நீர் ஆமிக்காரரின்ரை நெஞ்சை அளக்கிற வேலைக்கே போறீர்?"

"நான் அளக்கேல்லை. எழுதிறன்."

"ஊரிலை ஆமி ட்ரக்கைக் கண்டால் ஒழுங்கைக்குள்ளை ஓடின ஆள் நீர்."

அது உண்மை. ஊரில் படையினரை நான் ஒருநாளும் நிமிர்ந்து பார்த்ததில்லை. அவர்களும் ஆளுக்கு ஒரு அளவில் சட்டை போடும் மனிதர்கள் என்பது எனக்குப் புதுச் செய்தியாகவே இருந்தது. அதை அவருக்கு விளங்கப்படுத்த எனக்குத் தெரியவில்லை. போய்ப் பார்க்கிறேன் என்று மட்டும் சொன்னேன்.

முதலில் எங்களை அனுப்பிய இடம் பொயிண்ட் குக். இன்றைக்கு அங்கே தெருவுக்குத் தெரு தமிழ்க் குரல் கேட்கும். அப்போது விமானப்படைத் தளமும் புல்வெளியும் கடற்காற்றும்தான். தளத்தின் ஓரத்தில் ஒரு மண்டபத்தைத் தந்தார்கள். நடுவில் தடித்த கன்வஸ் திரை. என் பக்கத்தில் ஒரு மேசை, ஒரு கதிரை, ஒரு சின்ன ஹீற்றர்.

அளப்பவர்கள் இருவர். காலையில் அளந்தவர் ஓய்வுபெற்ற சார்ஜன்ட். இரண்டு போர்களில் இருந்தவர், ஐம்பது வயதுக்கு மேல், முதுகு கம்பி மாதிரி. பின்னேரம் அளந்தவன் உடற்கல்வி படித்துக்கொண்டிருந்த பல்கலைக்கழக மாணவன், தோள்வரை தலைமுடி, காலில் செருப்பு. நாடு அப்போதுதான் அங்குலத்திலிருந்து சென்டிமீட்டருக்கு மாறிக்கொண்டிருந்தது. சார்ஜன்ட் ஒவ்வொரு எண்ணையும் சொல்வதற்கு முன் ஒரு கணம் நிறுத்துவார். மனதுக்குள் அங்குலத்தில் பார்த்துவிட்டுத்தான் புதிய கணக்கை நம்புகிறார் என்று நினைத்துக்கொள்வேன். என் பெயர் அவர் நாக்கில் நிற்கவில்லை, அதனால் 'மிஸிஸ்' என்றே கூப்பிட்டார். ஹீற்றரை எங்கிருந்தோ தேடிக் கொண்டுவந்து வைத்தவரும் அவர்தான்.

திரைக்குப் பின்னால் எனக்குக் காதுதான் கண். உள்ளங்காலை அளக்கும்போது வளர்ந்த ஆண்கள் கூச்சம் தாங்காமல் சிரித்தார்கள். ஒருவன் முகத்தை அளக்கும் இடுக்கியின் குளிருக்கு உறுமினான். ஒருநாள் நடுவிரல் நீளம் என்ற கட்டத்துக்கு சார்ஜன்ட் எண் சொல்லவில்லை. "இல்லை" என்றார். நான் அப்படியே எழுதினேன். அந்த விரல் எங்கே போனது என்று அன்று முழுவதும் யோசித்தேன். கேட்க அந்தக் கட்டத்தில் இடமில்லை.

இரண்டு கிழமைக்குப் பிறகு மேலதிகாரி என்னை அலுவலகத்துக்குக் கூப்பிட்டார். அதுவரை வந்த அளவுகளை வரைபுத் தாளில் புள்ளியாக வைக்கும்படி சொன்னார். உயரத்தை வரைந்தேன். நடுவில் உயர்ந்து இரண்டு பக்கமும் சரியும் ஒரு மலை வந்தது, எதிர்பார்த்தபடி. இடுப்பும் அப்படியே. நெஞ்சளவை வரைந்தபோது ஒரு மலை வரவேண்டிய இடத்தில் ஒட்டகம் மாதிரி இரண்டு முதுகு வந்தது. நான் பிழையாக வரைந்துவிட்டேன் என்று நினைத்து அழித்துவிட்டு மறுபடி வரைந்தேன். மறுபடியும் ஒட்டகம்.

தாள்களைக் காலை, பின்னேரம் என்று பிரித்துப் பார்த்தேன். பெரிய நெஞ்செல்லாம் காலையில் வந்தவை. ஒரே தளத்து ஆட்கள், ஒரே சாப்பாடு. காலையில் பெருத்த நெஞ்சு பின்னேரம் எப்படிச் சுருங்கும்? அந்தச் சனிக்கிழமை தையல் நாடாவை எடுத்துக்கொண்டு கணவரை நிற்கவைத்தேன். காலையில் ஒருமுறை, மத்தியானம் சோறு சாப்பிட்ட பிறகு ஒருமுறை.

"சோறு நெஞ்சுக்கே போகுது?" என்று கேட்டார்.

அவரில் ஒரு வித்தியாசமும் இல்லை. ஆனாலும் அன்றிலிருந்து அவரும் கேட்கத் தொடங்கிவிட்டார். வேலையால் வந்தவுடன் சப்பாத்தைக் கழற்ற முதல், "ஒட்டகம் என்ன சொல்லுது?" என்பார்.

அடுத்த வியாழக்கிழமை மாணவனுக்குப் பின்னேரம் பரீட்சை இருந்தது. அதனால் அவன் காலையில் அளந்தான், சார்ஜன்ட் பின்னேரம். அன்று பெரிய நெஞ்சுகள் பின்னேரத்துக்குப் போய்விட்டன. அப்படியானால் நேரம் காரணமில்லை. சார்ஜன்ட் நாடாவைத் தளர்வாகப் பிடிக்கிறார் என்றுதான் முதலில் எண்ணினேன். அந்த எண்ணம் எனக்குப் பிடிக்கவில்லை. காலையில் தன் பிளாஸ்கிலிருந்து எனக்கும் தேநீர் ஊற்றித் தருகிற மனிதர். ஆனால் நாடா தளர்ந்தால் இடுப்பும் அல்லவா பெருக்க வேண்டும்? இடுப்பு சரியாக இருந்தது.

எண்களில் விடை இல்லை என்று தெரிந்ததும் பேனாவை வைத்துவிட்டுக் காதைக் கொடுத்துக் கேட்கத் தொடங்கினேன். மாணவனின் முறையில் வெறுங்கால்கள் தரையில் சளக் சளக்கென்று நடந்து வந்து நின்றன. சார்ஜன்டின் முறையில் கால்கள் வந்தன, நின்றன, பிறகு ஒரு சின்ன சத்தம். குதிக்கால் இரண்டும் சேரும் சத்தம். நாடா சுற்றப்படும். எண் வரும். அதற்குப் பிறகுதான் ஒரு நீண்ட மூச்சு வெளியே போகும்.

அவர்கள் சார்ஜன்டின் அந்தக் கம்பி முதுகைக் கண்டவுடன் அணிவகுப்பில் நிற்பதுபோல் நின்றார்கள். உள்ளாடையோடு நின்றாலும் நெஞ்சை நிமிர்த்தி மூச்சைப் பிடித்துக்கொண்டார்கள். நாங்கள் நாட்டுக்கு அளந்து கொடுத்துக்கொண்டிருந்தது அந்த மூச்சையும் சேர்த்துத்தான்.

மேலதிகாரியிடம் நேராகப் போயிருக்கலாம். ஆனால் அப்படிச் செய்தால் சார்ஜன்டின் முதுகுக்குப் பின்னால் பேசியதாகிவிடும் என்று பட்டது. தேநீர் வேளையில் மண்டபத்துக்கு வெளியே மர வாங்கில் சார்ஜன்ட் உட்கார்ந்திருந்தபோது அவரிடம் வரைபைக் காட்டி எல்லாவற்றையும் சொன்னேன். அவர் தாளை நெடுநேரம் பார்த்தார்.

"நான் அவர்களுக்கு ஒரு கட்டளையும் கொடுக்கவில்லை, மிஸிஸ்."

"தெரியும். கொடுக்காமலே நிற்கிறார்கள்."

அவர் தேநீரின் மிச்சத்தைப் புல்லில் ஊற்றிவிட்டு உள்ளே போனார். அன்றும் மறுநாளும் எண்களைத் தவிர ஒரு சொல்லும் என்னோடு பேசவில்லை. நான் வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கலாமோ என்று வீட்டில் புலம்பினேன். "பிழையான சேர்ட்டைப் போட்டு ஆயிரம் பேர் புலம்புறதுக்கு நீர் ஒராள் புலம்புறது பரவாயில்லை" என்றார் கணவர். வேலைக்குப் போகவேண்டாம் என்ற தோரணையில் முதலில் பேசியவர் அவர்தான்.

மூன்றாம் நாள் மேலதிகாரி பொயிண்ட் குக்குக்கு வந்தார். சார்ஜன்டே போய் அவரிடம் சொல்லியிருக்கிறார். மேலதிகாரி எதையும் தானே செய்து பார்க்காமல் நம்பாதவர். திரைக்கு அப்பால் சேர்ட்டைக் கழற்றிவிட்டுப் போய் நின்றார். முதலில் மாணவன் அளந்தான். எண்ணைச் சொன்னான், எழுதினேன். பிறகு சார்ஜன்ட் அளந்தார். காத்திருந்தேன். குதிக்கால் சேரும் அந்தச் சத்தம் கேட்டது. ஒருநாளும் படையில் இருந்திராத, பென்சிலைத் தவிர எதையும் தூக்கியிராத மனிதர் அவர். எண் மூன்று சென்டிமீட்டர் கூடுதலாக வந்தது. முதலில் சிரித்தது சார்ஜன்ட்.

வழியைக் கண்டுபிடித்தவரும் அவரே. மறுநாள், அளக்கும்போது வழக்கமாகப் போடும் மடிப்புக் கலையாத வெள்ளைக் கோட்டை விட்டுவிட்டு மனைவி பின்னிய மண்ணிற கார்டிகனோடு வந்தார். நிற்காமல் ஒரு உயரமான முக்காலியில் இருந்துகொண்டு அளந்தார். நாடாவைச் சுற்றும்போது எந்த ஊர், வீட்டில் எத்தனை பேர், அம்மா என்ன சமைப்பார் என்று கேட்டார். பதில் சொல்வதற்கு மூச்சை விடத்தானே வேண்டும். குதிக்கால் சத்தம் நின்றுபோனது. எனக்கும் ஒரு லாபம் வந்தது. அதுவரை வெறும் எண்ணாக இருந்தவர்களுக்கு ஊர் கிடைத்தது. ஒருவன் வடமேற்கில் கோதுமைப் பண்ணையிலிருந்து வந்தவன். இன்னொருவனின் தாய் கிரேக்கத்துக்காரி, அவள் திராட்சை இலையில் சோறு சுற்றுவாளாம். எப்படிச் சுற்றுவாள் என்று திரைக்கு இந்தப் பக்கத்திலிருந்து நான் கேட்டுவிட்டேன். அந்தப் பையன் மிகவும் கவனமாக விளங்கப்படுத்தினான்.

சார்ஜன்ட் முன்பு அளந்த நெஞ்சுகளை எல்லாம் மேலதிகாரி சிவப்புப் பென்சிலால் வெட்டினார். எந்த வரிசை எண் யாருடையது என்ற பட்டியல் தளத்தில் இருந்தது; அந்த ஆட்களை மறுபடி அளக்கவேண்டும். அதற்குள் ஒரு பகுதியினர் சிட்னிக்கு மாற்றலாகிப் போயிருந்தார்கள். சார்ஜன்டும் மாணவனும் நானும் அவர்களைத் தேடி ரயிலில் போனோம். கணவர் நிலையம்வரை வந்து, மறுபடி எண் கூடினால் உடனே தொலைபேசி எடுக்கும்படி சொல்லி அனுப்பினார்.

சிட்னியில் திரை குட்டையாக இருந்ததால் பாதங்கள் தெரிந்தன. எழுதிய அகலங்களை முதல் முறையாகக் கண்ணால் பார்த்தேன். கடைசி நாள், உடுப்புப் போட்ட ஒரு வீரன் திரையைச் சுற்றி என் மேசைக்கு வந்தான். முகத்தில் பருக்கள், என் தம்பியின் வயதுகூட இருக்காது. என்னைக் கண்டு அவன் திகைத்தான், நானும்தான். சேலையில் ஒருத்தி இருப்பாள் என்று அவன் நினைத்திருக்கமாட்டான்.

"நீங்கள்தானா எழுதுகிறவர்? என்னுடைய அளவு எப்படி?"

எப்படி என்றால் என்ன என்று கேட்டேன். நல்லதா, கெட்டதா என்று தெரியவேண்டுமாம். மலையின் நடுப்பகுதியில் இருப்பதாகச் சொன்னேன். அவனுக்கு அது ஏமாற்றமாக இருந்தது. இந்த நாட்டின் தையற்காரர்கள் இனி உன்னைப் போன்ற ஆளை மனதில் வைத்துத்தான் வெட்டுவார்கள் என்றேன். கொஞ்சம் யோசித்துவிட்டுத் தலையாட்டிக்கொண்டு போனான். அவன் போன பிறகுதான், நான் அவன் முகத்தை நேராகப் பார்த்துப் பேசியிருக்கிறேன் என்று உறைத்தது.

மெல்பேர்னுக்குத் திரும்பியபோது, படைக்குச் சேர்ட் தைக்கப்போகும் ஆடைத் தொழிற்சாலையின் முகாமையாளர் அலுவலகத்தில் காத்துக்கொண்டிருந்தார். துணி வந்து குவிந்துவிட்டது, வெட்டும் ஆட்கள் சும்மா இருக்கிறார்கள், எண்ணைத் தராமல் எவ்வளவு நாள் இழுப்பீர்கள் என்று கோபப்பட்டார். மேலதிகாரி என்னைக் கூப்பிட்டு இரண்டு வரைபையும் விளங்கப்படுத்தச் சொன்னார். பழையதில் ஒட்டகம், புதியதில் ஒரே மலை. முகாமையாளரின் குரல் தணிந்தது. அவர் தொழில் தெரிந்தவர். உடனே ஒரு நல்ல கேள்வி கேட்டார்.

"அப்படியென்றால் எதற்கு வெட்டுவது? நிமிர்ந்து நிற்கும் நெஞ்சுக்கா, சும்மா இருக்கும் நெஞ்சுக்கா? சின்னதாக வெட்டினால் நிமிரும்போது பொத்தான் தெறிக்கும். பெரிதாக வெட்டினால் சும்மா இருக்கும்போது தொங்கும்."

மேலதிகாரி சார்ஜன்டைப் பார்த்தார். ஒரு வீரன் நாளில் எவ்வளவு நேரம் அப்படி நிற்பான் என்று கேட்டார்.

"அதிகாரி பார்க்கிறவரைக்கும்" என்றார் சார்ஜன்ட். "மிச்ச நேரமெல்லாம் குனிந்து எதையாவது தூக்கிக்கொண்டிருப்பான்."

கடைசியில், சும்மா இருக்கும் நெஞ்சுக்கு வெட்டி, முதுகில் இரண்டு மடிப்பு வைப்பதென்று முடிவானது. மூச்சை இழுத்தால் மடிப்பு விரியும். சில கிழமைகளில் மாதிரிச் சேர்ட் வந்தது. சார்ஜன்ட் அதைப் போட்டுக்கொண்டு கையை உயர்த்தினார், குனிந்தார், தன் பழைய பாணியில் நெஞ்சை நிமிர்த்தி நின்றார். பொத்தான்கள் அசையவில்லை. தன் காலத்தில் இப்படி ஒன்று தந்திருந்தால் அக்குள் புண்ணாகாமல் இருந்திருக்கும் என்று மட்டும் சொன்னார். அந்த வேலை முடிந்ததும் அவர் மகள் இருந்த ஊருக்குப் போய்விட்டார். மாணவன் படிப்பை முடித்து ஒரு பள்ளிக்கூடத்தில் சேர்ந்தான்.

என்னை நிரந்தரமாக்கினார்கள். அந்த நாட்களில் அலுவலகத்துக்கு ஆட்கள் வந்துகொண்டே இருந்தார்கள். சப்பாத்துச் செய்பவர் பாதங்களைக் கேட்டார். விமான இருக்கை வரைபவர் தொடை நீளம் கேட்டார். முதுகுப்பை தைப்பவர் தோளைக் கேட்டார். ஒரு நாடு தன் படைக்குத் தேவையானதைத் தானே செய்யத் தொடங்குவது என்பது, நான் பார்த்த அளவில், இப்படிக் கதவைத் தட்டி ஒரு எண் கேட்பவர்களின் வரிசையாகத்தான் இருந்தது. ஒருநாள் தலைக்கவசம் செய்பவர் ஒரு பெட்டியோடு வந்தார். பெட்டிக்குள் மரத்தால் செய்த ஏழு மனிதத் தலைகள், ஒவ்வொன்றும் ஒவ்வொரு மாதிரி. அவற்றை என் மேசையில் வரிசையாக அடுக்கினார். அவர் கதிரையில் இருக்க முதலே, இவை யாருடைய தலைகள் என்று நான் கேட்டுவிட்டேன்.