மூன்றாவது கைப்பிடி

"…அப்ப அந்தப் பக்கம் அண்ணன் ஒத்தையில ஆடறதுங்களா?" என்று கேட்டு நிறுத்தினாள் கமலம். கேட்டது அவள் புருஷன் துரையிடம். அண்ணன் என்றது என்னை. நான் டிவியையே பார்த்துக்கொண்டிருந்தேன். கறுப்புத் திரையில் நாலு வெள்ளைக் கோடும் ஒரு புள்ளியும் தவிரப் பார்க்க அதில் ஒன்றுமில்லை. ஆனாலும் அந்த நேரத்தில் என் கண்ணுக்கு வேறு போக்கிடம் இல்லை.

நாற்பது வருஷத்துக்கு முந்தைய கேள்வி. அது போன வாரம் சேலத்தில், ஃபேன் வாங்கப் போன கடையில் வந்து என் முன்னால் நின்றது. அங்கே காலேஜ் பிள்ளைகள் மூன்று பேர் பெரிய டிவிக்கு முன்னால் வீடியோ கேம் ஆடிப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். நாலாவதாக ஒருவன் வந்தான். கடைக்காரப் பெண் இன்னொரு கைப்பிடியை எடுத்து ஒரு பட்டனை அமுக்கினாள். சின்ன விளக்கு மினுக்கியது. "ஆயிருச்சு, ஆடுங்க" என்றாள். ஒயர் இல்லை, சொருகல் இல்லை, கொஞ்சம் தள்ளி உட்காரு என்ற பேச்சுகூட இல்லை. நான் ஃபேனை மறந்து நின்றேன். ஒரு ஆளைக் கூடுதலாகச் சேர்த்துக்கொள்வது இவ்வளவு லேசான காரியமா என்று எனக்குக் கோபமே வந்தது. நான் பட்ட பாடு எனக்கல்லவா தெரியும்.

ஒயர் என்றாலே எனக்கு மூக்கில் ஏறுவது ஈயம் பற்றவைக்கிற வாசனைதான். எண்பதுகளில் நாமக்கல்லில், லாரிக்கு பாடி கட்டுகிற பட்டறை ஒன்றில் நான் ஒயரிங் ஆள். படித்தது எட்டாவது. மற்றதெல்லாம் கண்ணால் பார்த்தும் ஷாக் அடித்தும் கற்றது. எங்கள் மேஸ்திரி வேலையைவிடப் பேச்சை நன்றாகச் சொல்லித் தருவார். சத்தமாகப் பேசிவிட்டு வேலை செய்யாதவனை "ஹாரன் மட்டும் மாட்டின வண்டி" என்பார். லாரி ஒயரிங்கை எனக்கு அவர் ஒரே வரியில் முடித்தார்: "போற வழிய மட்டும் நீ பாரு, வர்ற வழிய வண்டி பாத்துக்கும்." விஷயம் இதுதான். லாரியில் பாட்டரியின் ஒரு முனையை வண்டியின் இரும்பிலேயே முடுக்கிவிடுவோம். அப்புறம் எந்த விளக்குக்கும் ஒரே ஒரு ஒயர் போனால் போதும். கரண்ட் அதில் போய் விளக்கை எரித்துவிட்டு, வண்டியின் இரும்பு வழியாகத் தானே திரும்பிவிடும். இரண்டாவது ஒயர் போடுகிறவனைப் பட்டறையில் சிரிப்பார்கள்.

அதே பட்டறையில் துரை பெயிண்டர். லாரிப் பின்பலகையில் அவன் வரையும் அன்னம் இரண்டும் எப்போதும் ஒன்றையொன்று முறைத்துக்கொண்டிருக்கும். ஏன்டா இப்படி என்றால், "புருஷன் பொண்டாட்டிடா, அப்படித்தான் இருக்கோணும்" என்பான், அப்போது கல்யாணம் ஆகாதவன். எனக்கும் அவனுக்கும் ஒரே சைக்கிள். போகும்போது நான் மிதிப்பேன், வரும்போது அவன். டீக்கடையில் ஒன்றை வாங்கி இரண்டாகப் பிரித்தால், நுரை எனக்கு என்பது எழுதாத சட்டம். ஆறு வருஷம் அப்படி இருந்தோம்.

துரையின் அக்கா வீட்டுக்காரர் சிங்கப்பூரில் வேலையில் இருந்தார். ஒரு தடவை வந்தபோது துணி, சென்ட்டோடு ஒரு பிளாஸ்டிக் பெட்டியும் கொண்டுவந்து துரைக்குக் கொடுத்துவிட்டுப் போனார். டிவி கேம். அதைத் துரை வீட்டு டிவியில் பொருத்தியது நான்தான். ஆன்டெனாவின் பட்டை ஒயரைக் கழற்றி, இதன் ஒயரை முடுக்கி, சேனல் திருகைக் கால் கால் சுற்றாகத் திருப்பி, பொரிப்பொரியாக இரைந்த திரையிலிருந்து இரண்டு வெள்ளைக் கோடுகளை மீட்டு எடுத்தேன். கோடுதான் மட்டை, புள்ளிதான் பந்து. ஒயரின் முனையில் சோப்புப் பெட்டி அளவில் ஒரு கைப்பிடி, அதில் ஒரு திருகு. திருகினால் கோடு மேலே போகும், கீழே வரும். பந்து பட்டால் டக் என்று ஒரு சத்தம். அவ்வளவுதான் ஆட்டம். இன்றைய பிள்ளைகளிடம் சொன்னால் பரிதாபப்படுவார்கள். எங்களுக்கு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் என்றால் அந்த டக்தான். கைப்பிடி இரண்டு. ஒன்று துரைக்கு, ஒன்று எனக்கு. மூன்றாவது ஆள் என்ற எண்ணமே எங்களுக்கு வந்ததில்லை.

வந்தாள். ஆட்டையாம்பட்டிப் பெண், தறிக்காரர் மகள். கல்யாணத்தில் மாப்பிள்ளைத் தோழன் மாதிரி ஓடியாடி வேலை செய்தவன் நான். போட்டோவில் துரையின் மாலையை நான் சரிசெய்வதுபோல ஒன்று இருக்கும். கல்யாணம் முடிந்து மூன்றாவது ஞாயிறு வழக்கம்போல அவன் வீட்டுக்குப் போனேன். உள்ளே டக், டக் என்று சத்தம். என் இடத்தில், என் பாயில், என் கைப்பிடியோடு கமலம். துரை என்னைப் பார்த்து, "வாடா, ஒக்காரு, இவ என்னைய ஏழு ஆட்டம் ஜெயிச்சுட்டா" என்றான், தோற்றதில் அப்படி ஒரு பெருமை. நானும் அவனை ஜெயித்திருக்கிறேன். அன்றைக்கெல்லாம் பெட்டியில் பாட்டரி வீக் என்று சொன்னவன்தான்.

பொறாமை என்று இப்போது பெயர் சொல்கிறேன். அப்போது அது அக்கறை மாதிரி இருந்தது. பையன் கெட்டுப் போகிறானே என்று கவலைப்பட்டேன். பத்து வார்த்தைக்கு ஒரு தடவை "கமலம் சொன்னா" என்றான். டீயைப் பிரிக்கும்போது நுரை எந்தப் பக்கம் போகிறது என்று பார்க்க மறந்தான். நானும் கமலத்திடம் குறை தேடாமல் இல்லை. அவித்த நிலக்கடலை ஒரு தட்டு நிறையக் கொண்டுவந்து வைப்பாள். உப்புக் குறைவு என்று சொல்லிக்கொண்டே தட்டைக் காலி செய்வேன். மூன்று மாதம், ஞாயிறுதோறும், என் கைப்பிடியை இன்னொருவர் திருகுவதைப் பின்னால் உட்கார்ந்து பார்த்தேன். ஒரு ஆட்டம் எனக்குக் கொடுப்பாள். கொடுப்பதுதான் எரிச்சல். நம்முடையதை நமக்கே யாராவது கொடுத்தால் உங்களுக்கு எப்படி இருக்கும்?

ஒரு நாள் பெட்டியைத் துடைக்கிற சாக்கில் திருப்பிப் பார்த்தேன். பின்னால் கைப்பிடி சொருக நாலு துளைகள் இருந்தன. இடது பக்கத்துக்கு இரண்டு, வலதுக்கு இரண்டு. பக்கத்துக்கு இரண்டு பேராக நாலு பேர் ஆடுகிற பெட்டி அது. எனக்கு அன்றைக்குத் தூக்கம் பிடிக்கவில்லை. இன்னொரு கைப்பிடி செய்துவிட்டால் யார் தயவும் வேண்டாம்.

ரேடியோ ரிப்பேர் கடையில் கெஞ்சி, செத்த ரேடியோ ஒன்றின் வால்யூம் திருகை வாங்கினேன். ஒரு பழைய பார்க்கிங் லைட்டின் தகர டப்பாவில் அதைப் பொருத்தினேன். துரையிடம் அன்னம் வரையச் சொல்லவில்லை, நானே சிவப்பு பெயிண்ட் அடித்தேன். ஒயரைப் பற்றவைத்து, பொங்கலுக்குக் கழுவி ஜோடித்த காளையை ஓட்டிப் போகிறவன் மாதிரி, டப்பாவை எடுத்துக்கொண்டு ஞாயிற்றுக்கிழமை போனேன். நாலு பேர் ஆட்டத்துக்கு சுவிட்சைத் தள்ளினோம். நாலு கோடு வந்தது. துரையின் கோடு ஆடியது, கமலத்தின் கோடு ஆடியது. ஆளில்லாத நாலாவது கோடு திரையின் ஓரத்தில் ஒட்டிக்கொண்டு நின்றது. அதற்குத் துணையாக என் கோடும் நின்றது. திருகினேன். அழுத்தித் திருகினேன். டப்பாவைத் தட்டினேன். ஆளில்லாத கோட்டுக்கும் என் கோட்டுக்கும் ஒரு வித்தியாசமும் தெரியவில்லை.

கமலம் என் டப்பாவை வாங்கவில்லை. அதன் ஒயரை மட்டும் விரலால் தடவிப் பார்த்தாள். "ஏனுங்கண்ணா, எங்களதுல ரெண்டு கம்பி போகுது, உங்களதுல ஒண்ணுதான் இருக்குது. போன கரண்டு எப்படீங்க திரும்பி வரும்?"

தறிப் பட்டறையில் மோட்டார் பழுது பார்க்க வருகிறவர்களைக் கேள்வி கேட்டே வளர்ந்தவளாம். எனக்குத் தெரியாது. லாரியிலெல்லாம் ஒன்றுதான் போடுவோம் என்றேன், கௌரவமாக.

"இது லாரிங்களாண்ணா?"

துரை பாயில் உருண்டு சிரித்தான். கை பழகிய வேகத்தில் இரண்டாவது முனையைத் தகரத்திலேயே பற்றவைத்திருக்கிறேன். அந்தத் தகரத்துக்கும் பிளாஸ்டிக் பெட்டிக்கும் நடுவில் இருந்தது கோரைப் பாய் ஒன்றுதான். தப்பு செய்ததுகூடப் பரவாயில்லை. துரை முன்பெல்லாம் என்னோடு சேர்ந்து ஊரைப் பார்த்துச் சிரித்தவன், இப்போது அவளோடு சேர்ந்து என்னைப் பார்த்துச் சிரித்தான்.

அடுத்த ஞாயிறு இரண்டாவது ஒயரோடு போனேன். என் கோடு ஆடியது. ரேடியோத் திருகு என்பதால் பாதித் திரைக்கு மேல் ஏறவில்லை, ஆனால் ஆடியது. மூன்று மாதத்துக்கு அப்புறம் துரையோடு ஒரே ஆட்டத்தில், யாரும் கொடுக்காத கைப்பிடியோடு உட்கார்ந்திருந்தேன். நானும் துரையும் ஒரு பக்கம் என்று மனசுக்குள் பிரித்தும் வைத்திருந்தேன். அப்போதுதான் துரை தன்னுடையதையும் அவளுடையதையும் இடது பக்கத்து இரண்டு துளைகளில் சொருகிவிட்டு, என்னுடையதை வலது பக்கத்துக்குத் தள்ளினான். "நானும் கமலமும் இந்தப் பக்கம். நீ அந்தப் பக்கம் ஆடுடா. நீ பழைய ஆளு, சமாளிச்சுக்குவ."

பழைய ஆள். எத்தனையோ பேர் எத்தனையோ திட்டியிருக்கிறார்கள், எதுவும் இப்படி உள்ளே போனதில்லை.

அந்தப் பட்டறை இருந்த இடத்தில் இப்போது டைல்ஸ் கடை இருக்கிறது. லாரிப் பின்பலகையில் அன்னம் வரைய ஆள் தேடினால் ஸ்டிக்கர் ஒட்டித் தருகிறார்கள். டிவி கேம் பெட்டி ஒரு மழைக்காலத்தில் ஈரம் ஏறிச் செத்தது, என் சிவப்பு டப்பா எந்தப் பரணில் துருவாக உதிர்ந்ததோ தெரியாது. துரை போய் எட்டு வருஷம் ஆகிறது. அன்றைக்கும் எல்லோரும் கமலத்தின் கையைப் பிடித்துத்தான் அழுதார்கள். ஒரு ஓரத்தில் நின்ற எனக்கு, வெட்கமில்லாமல் சொல்கிறேன், கொஞ்சம் பொறாமையாக இருந்தது. அவள் பெங்களூரில் மகளோடு இருக்கிறாள். அவளோடு நான் போனில் பேசினால் உடம்பைப் பற்றி மட்டும் பேசுகிறோம். ஒரு டிவிக்கு முன்னால் முட்டி இடிக்க மூன்று பேர் உட்கார்ந்து, யார் யார் பக்கம் என்று மனசு கசந்த அந்த மத்தியானம் இனி இல்லை.

அந்த மத்தியானம், அண்ணன் ஒத்தையில ஆடறதா என்று கமலம் கேட்ட கேள்விக்குத் துரை பதில் சொல்ல வாய் திறந்தான். அவள் காத்திருக்கவில்லை. பெட்டிக்குப் பின்னால் கையை விட்டு, தன் ஒயரை அவன் பக்கத்திலிருந்து பிடுங்கி, என் பக்கத்துத் துளையில் சொருகினாள். இடம் மாறி உட்காரவில்லை, புருஷன் தோளை ஒட்டித்தான் இருந்தாள். மூன்று மாதமாக என் முகத்தில் இருந்தது துரையின் முகத்தில் ஏறுவதை நான் பார்த்தேன். "ஆரம்பீங்க மாமா" என்றாள். பந்து வந்தது, என் கோடு எட்டாத மேல் பாதிக்கு. அவள் திருகை மெல்லத் திருப்பி, அதைத் துரையின் பக்கம் திருப்பி அடித்தாள்.